அறுபத்தொரு மணி நாற்பது நிமிடம்

1

இந்தக் கதை எனக்குக் கிடைத்தது ஒரு மாட்டுக்கு ஊசி போடும்போது. கால்நடை மருந்தகத்தில் உதவியாளனாக இருக்கிறேன். கோமாரித் தடுப்பூசி வந்துவிட்டால் ஐஸ் பெட்டியைத் தோளில் மாட்டிக்கொண்டு புதூர்நாட்டுப் பக்கம் ஊர் ஊராக அலைவேன். மாட்டைப் பிடித்துக்கொண்டு நிற்கிற நேரத்தில் மனுஷர்கள் எதையாவது சொல்வார்கள். பாதி மறந்துபோகும். மீதியில் ஒன்றிரண்டை எழுதிப் பார்ப்பேன். மூன்று கதைகள் சிறு பத்திரிகைகளில் வந்திருக்கின்றன. அது தெரிந்துதான் குணசீலன் என்னிடம் பேச்சுக் கொடுத்தார்.

"சார், நீங்க கத எழுதுவீங்களாமே?" மூக்கணாங்கயிற்றை இறுக்கிப் பிடித்தபடி கேட்டார். "நான் ஒண்ணு பண்ணிட்டேன். அத எழுதுனா எப்டி எழுதுவீங்க?"

"இன்னா பண்ணீங்க?"

"ஒரு கேம அழிச்சிட்டேன் சார்."

நான் சிரித்துவிட்டேன். அவர் சிரிக்கவில்லை. அந்தச் சிரிப்பைத் திரும்ப எடுத்துக்கொள்ள முடியாதா என்று இப்போதும் நினைத்துக்கொள்கிறேன்.

2

நான் எழுதி அடித்த தொடக்கங்கள்:

"மாசி மாதத்தில் ஜவ்வாது மலை முழுக்கப் புளி வாசனை வீசும். காற்றில்..." (போதும். சுற்றுலாத் துறை விளம்பரம் மாதிரி இருக்கிறது.)

"சிறையிலிருந்து விடுதலையான குணசீலன் ஆந்திரா பஸ்ஸிலிருந்து..." (இல்லை. மலைக்காரர் ஒருவர் மூன்று வருஷம் வீட்டில் இல்லையென்றால், ஆந்திராவில் செம்மரம் வெட்டப் போய் மாட்டிக்கொண்டார் என்று எழுதுகிறவன் கை தானாகவே அந்தப் பக்கம் போகிறது. குணசீலன் எந்தச் சிறையிலும் இருக்கவில்லை. போர்வெல் லாரியில் இருந்தார்.)

"அவனுக்கு அங்கே வேறொரு" (இதை முடிக்கவில்லை. அவரிடமே நேராகக் கேட்டேன். "அப்டி இருந்தா சொல்றதுக்கு சுளுவா இருந்திருக்கும் சார்" என்றார். நம்பினேன்.)

ஆகவே நடந்ததை நடந்தபடி சொல்கிறேன். ஒரு சின்ன மரியாதைக் குறைவு மட்டும் வரும். நேரில் அவர் எனக்கு 'அவர்'. கதைக்குள் 'அவன்' என்றுதான் எழுத வருகிறது.

3

கல்யாணமாகி இரண்டாம் மாதம் குணசீலன் வேலூரில் ஒரு பழைய சாமான் கடையிலிருந்து கையடக்க கேம் மெஷின் ஒன்றை வாங்கி வந்தான். நடுவில் திரை, இரண்டு பக்கமும் பட்டன். அதற்குள் ஒரே ஒரு ஆட்டம் இருந்தது. கையில் விளக்கோடு ஒரு பெண் நடந்து போவாள். ஏழு கோட்டைகளைக் கடக்க வேண்டும். விளக்கு அணைந்தால் கதை முடிந்தது, கோட்டை வாசலிலிருந்து மறுபடி ஆரம்பிக்க வேண்டும்.

பெண்டாட்டி கலைவாணி பட்டனைத் தொடவே மாட்டாள். "எனக்குக் கை நடுங்கும், நீ ஆடு" என்று சொல்லிவிட்டு அவன் தோளோடு தோள் இடிக்க உட்கார்ந்துகொள்வாள். ஆனால் பார்ப்பதெல்லாம் அவள்தான்.

"லெப்ட்டுல, லெப்ட்டுல. அங்க ஒரு கதவு கீது."

"நீ எப்ப பாத்த?"

"நீ ஓடிக்கினே இருக்கிற. எங்க பாக்குற?"

சாமை அறுத்துவிட்டு வந்த சாயங்காலங்கள், மழைக்கு வெளியே போக முடியாத மத்தியானங்கள் எல்லாம் அப்படிப் போயின. அவன் விரல், அவள் கண். இருவருமாக ஆறாவது கோட்டை வரைக்கும் போனார்கள். மெஷினைத் திறந்தால் முதல் திரையில் அவன் பெயரும் ஆடிய நேரமும் வரும்: குணா, அறுபத்தொரு மணி நாற்பது நிமிடம்.

(அந்தத் திரையில் ஏன் ஒரே பெயர் இருந்தது என்று எனக்குத் தோன்றியது. அவருக்கு அப்போது தோன்றவில்லை. "இப்ப தோணுது சார்" என்றார்.)

4

ஆறு மாதம் என்று சொல்லித்தான் போர்வெல் லாரியில் ஏறினான். சத்தீஸ்கர் போனார்கள். பிறகு ஒடிசா, மறுபடி சத்தீஸ்கர். லாரி நின்ற இடத்தில் சோறு, லாரி நிழலில் தூக்கம். முதலில் தினமும் போன் செய்தான். பிறகு வாரத்துக்கு ஒன்று. பேச எதுவும் இல்லாததுபோல ஆனதும் கூப்பிடக் கூச்சமாக இருந்தது. கூப்பிடாமல் விட்ட நாட்கள் சேரச் சேர அந்தக் கூச்சமும் கூடியது. பணம் மட்டும் தவறாமல் வந்துகொண்டிருந்தது.

இரண்டாவது வருஷம் கலைவாணியின் அப்பா மாதையன் இறந்துபோனார். குணசீலன் வரவில்லை. "ஓனர் வுடல" என்று காரியம் முடிந்த பிறகு போனில் சொன்னான். அவள் "சரி" என்றாள்.

லாரி ஏறி மூன்று வருஷம் கழித்து, போன மாசியில், மத்தியான ஜீப்பில் வந்து இறங்கினான்.

5

(இந்தப் பகுதியை ஐந்து முறை எழுதினேன். நான்கில் கலைவாணி அழுகிறாள். அவள் அழவில்லையாம்.)

வந்த மூன்றாம் நாள். கலைவாணி வாசலில் புளி தட்டிக்கொண்டிருந்தாள். கையைத் துடைத்துக்கொண்டு உள்ளே போய், ட்ரங்குப் பெட்டியிலிருந்து துண்டில் சுற்றிய மெஷினை எடுத்து வந்து அவன் முன்னால் வைத்தாள்.

"இந்தா. எங்க நிறுத்தினியோ அங்கயே கீது."

திறந்ததும் பளிச்சென்று எரிந்தது. முழு சார்ஜ். அவன் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. ஆட ஆரம்பித்தான். விரலுக்கு எதுவும் ஞாபகம் இல்லை. எந்தப் பட்டனுக்குக் குதிக்கும், எதற்குத் திரும்பும் என்றே தெரியவில்லை. மூன்று தடவை விளக்கு அணைந்தது.

"மேல போ" என்றாள் கலைவாணி, புளியிலிருந்து கண்ணை எடுக்காமல். "வலது பக்கம் மூணாவது தூணு. அதுக்குப் பின்னால படி கீது."

போனான். மூன்றாவது தூணுக்குப் பின்னால் படி இருந்தது.

மூன்று வருஷமாக ஒரு பட்டனைக்கூடத் தொடாதவளுக்குத் தூண் கணக்கு ஞாபகம் இருக்கிறது. ஆடியவனுக்கு ஒன்றுமே இல்லை. அந்த நேரம் பார்த்துக் கன்றுக்குட்டி கயிற்றை அவிழ்த்துக்கொண்டு ஓட, அவள் பின்னாலேயே ஓடினாள்.

அவன் முதல் திரைக்குப் போனான். 'புதிய ஆட்டம்' என்பதை அழுத்தினான். அந்த மெஷினில் ஒரு ஆட்டத்துக்குத்தான் இடம். பழையது அழிந்துவிடும், சம்மதமா என்று கேட்டது. சம்மதம் என்றான்.

இரண்டு பேருமாக முதலிலிருந்து ஆடலாம், கல்யாணமான புதிதில் இருந்ததுபோல இருக்கலாம் என்று நினைத்தாராம். இந்த இடத்தில்தான் என் பாத்திரத்தின் மேல் எனக்குச் சந்தேகம் வந்தது. அவ்வளவு நல்ல எண்ணமா? அந்த மணிக்கணக்கு எதிரே நின்று முறைப்பது தாங்காமல் அழுத்தியிருக்கலாம் இல்லையா? கேட்டேன். வைக்கோலைப் பிய்த்து மாட்டின் முன்னால் போட்டார்.

"ரெண்டும்தான் சார்."

கலைவாணி கன்றைக் கட்டிவிட்டு மூச்சு வாங்க வந்து நின்றாள்.

"இது மொத கோட்ட பாட்டு இல்ல?"

"ஆமா. மொதல்லேர்ந்து ஆடலாம்னு. ரெண்டு பேரும்."

"பழசு?"

"போய்ட்சி. ஒண்ணுதான் வெச்சிக்க முடியும் அதுல."

அவள் திரையைப் பார்த்தாள். விளக்கோடு அந்தப் பெண் முதல் கோட்டை வாசலில் நின்றுகொண்டிருந்தாள்.

"யாரக் கேட்டு அழிச்சீங்க?"

அவ்வளவுதான் கேட்டாள். மறுபடி போய்ப் புளி தட்ட உட்கார்ந்துவிட்டாள். அவள் என்ன கேட்டாள் என்பதைவிட எப்படிக் கேட்டாள் என்பதுதான் குணசீலனைக் குத்தியது. அவர்களுக்குள் எப்போதும் 'நீ'தான். கோபம் வந்தாலும் 'நீ'தான். அன்றைக்கு வந்த 'ங்க' அதற்குப் பிறகு போகவில்லை. "சாப்புடுங்க", "ஜீப்பு வந்திட்சி பாருங்க" என்று எல்லாவற்றிலும் ஒட்டிக்கொண்டது. வெளியிலிருந்து பார்க்கிறவர்களுக்கு மரியாதையான பெண்டாட்டி.

6

மறுநாளே மெஷினை எடுத்துக்கொண்டு கோகுல்ராஜின் மொபைல் கடைக்குப் போனான். அழித்ததைத் திரும்பக் கொண்டுவர முடியுமா என்று கேட்டான். கோகுல்ராஜ் அதைக் கையில் வாங்கியதுமே, "அட, அக்காது" என்றான்.

"எந்த அக்கா?"

"நம்ம கலைவாணி அக்கா. உங்க வூட்டு சார்ஜர் எரிஞ்சி போச்சில்ல? இந்த பின்னு என்கிட்டதான் கீது. வாரா வாரம் சனிக்கெழம கொண்டாந்து போட்டுக்கினு போவாங்க. மழ வந்தாகூட. பாலித்தீன் கவர்ல சுத்திக்கினு."

"சார்ஜ் எறங்கினா அழிஞ்சிடும்னு நெனச்சிட்டாளா?"

"நானும் அப்டித்தான் நெனச்சேன். மொத நாளே சொன்னேங்க, அக்கா, சார்ஜ் இல்லன்னாலும் உள்ள இருக்கறது போவாதுன்னு.* 'தெரியும், நீ போடு'ன்னாங்க."

"அப்புறம் இன்னாத்துக்கு?"

"நான் கேக்கல. சார்ஜ் ஏறுற வரைக்கும் அந்த ஸ்டூல்ல உக்காந்திருப்பாங்க. ஏறினதும் ஒரு தடவ தொறந்து, உங்க பேர் வருதான்னு பாத்துட்டு மூடிடுவாங்க. அவங்க அப்பா செத்த வாரம்கூட வந்தாங்க."

திரும்பக் கொண்டுவர முடியாது என்பதையும் கோகுல்ராஜ் சொன்னான். குணசீலன் அதைக் கேட்டதாகவே ஞாபகம் இல்லை என்றார்.

* விசாரித்துவிட்டேன், உண்மைதான். இது அவளுக்குத் தெரியாமல் இருந்திருந்தால் எனக்கு எழுதச் சுலபமாக இருந்திருக்கும். அறியாத பெண்ணின் அன்பு என்று இரண்டு பக்கம் உருகியிருப்பேன். அவள் எல்லாம் தெரிந்தே செய்தாள். அதற்கு என்ன பெயர் வைப்பதென்று எனக்குத் தெரியவில்லை.

7

பிறகு அவன் ஆட ஆரம்பித்தான். காலையில் காட்டு வேலை, சாயங்காலமானால் மெஷின். விளையாட்டுச் சந்தோஷம் துளியும் இல்லை. உடைத்த பானையை ஒட்டவைக்கிறவன்போல உட்கார்ந்திருந்தான். கலைவாணி பக்கத்தில் வரவில்லை. எந்தக் கதவு, எந்தத் தூண் என்று தானே தேடித் தேடிக் கண்டுபிடித்தான். இரண்டரை மாதத்தில் ஆறாவது கோட்டைக்குள் நுழைந்து, அந்த மூன்றாவது தூணுக்கருகே அந்தப் பெண்ணை நிறுத்திவிட்டு, மெஷினைக் கலைவாணியிடம் கொண்டுபோய் நீட்டினான்.

"பாரு. எங்க இருந்திச்சோ அங்கயே கொண்டாந்து வெச்சிட்டேன்."

அவள் வாங்கிப் பார்த்தாள். முதல் திரைக்குப் போய் நேரத்தைப் பார்த்தாள். முப்பத்து நான்கு மணி.

"சீக்கிரமே வந்துட்டீங்க" என்றாள்.

கேலியாகச் சொன்னாளா என்று கேட்டேன். "இல்ல சார். நெசமாவே ஆச்சரியமாத்தான் சொன்னா" என்றார். மெஷினை அவன் கையிலேயே திருப்பிக் கொடுத்துவிட்டு, களி கிண்டப் போய்விட்டாள்.

8

இதோடு முடித்திருக்கலாம். முடித்தும் வைத்திருந்தேன். ஆனால் அன்றைக்கே, மாட்டை விட்ட பிறகு, நான் ஐஸ் பெட்டியை மூடும்போது, அவர் இன்னொன்றும் சொன்னார்.

மாமனார் செத்த செய்தி வந்ததும் லாரி ஓனர் லீவு கொடுத்தார். பத்து நாள். ராய்ப்பூர் ஸ்டேஷன் வரைக்கும் ஆள் வைத்துக் கொண்டுபோய் விட்டார். குணசீலன் பிளாட்பாரத்தில் உட்கார்ந்திருந்தான். அதற்கு முன் ஐந்து மாதமாக வீட்டுக்குப் போன் செய்திருக்கவில்லை. பெண்டாட்டிக்கே போன் பண்ணாதவன் மாமனார் பாடைக்கு முன்னால் எந்த மூஞ்சியோடு நிற்பது? ரயில் வந்தது. ஏறவில்லை. அடுத்த நாள் லாரிக்கே திரும்பிப் போனான்.

"அவளுக்குத் தெரியாது சார். ஓனர் வுடலன்னுதான் நெனச்சிக்கினு இருக்கா. அதையும் மொதல்லேர்ந்து ஆரம்பிக்கத்தான் நான் அந்த கேம அழிச்சனோ இன்னாவோ."

ஆறு மாதம் கழித்து, அடுத்த சுற்று ஊசிக்குப் போனபோது, எழுதிய காகிதங்களை அவரிடம் கொடுத்தேன். மாட்டுக்கொட்டாய் ஓரம் குந்தி உட்கார்ந்து மெதுவாகப் படித்தார். எட்டாம் பகுதிக்கு வந்ததும் நிறுத்திவிட்டார்.

"சார், இத மட்டும் அழிச்சி" என்று ஆரம்பித்தவர், காகிதத்தை மடியில் இறக்கினார்.

வீட்டுக்குள்ளிருந்து கலைவாணியின் குரல் வந்தது. "சாருக்கு மோர் குடுத்தீங்களா?"

"குடுக்கறேன்" என்று பதில் கொடுத்தார். பிறகு என்னிடம் தாழ்ந்த குரலில், "அழிக்க வேணாம். நான் அவகிட்ட சொல்லிட்றேன். சொல்லிட்டு உங்களுக்குப் போன் பண்றேன். அதுக்கப்புறம் பத்திரிகைக்குக் குடுங்க. அதுவரைக்கும் போட்றாதீங்க" என்றார். வாக்குக் கொடுத்தேன்.

9

இப்போது இது அச்சாகி உங்கள் கையில் இருக்கிறது. அப்படியென்றால் இரண்டில் ஒன்று நடந்திருக்க வேண்டும். குணசீலன் சொல்லிவிட்டு எனக்குப் போன் செய்திருக்கலாம். அல்லது நான் காத்துக் காத்துப் பார்த்து, எழுதியது வீணாகிறதே என்கிற ஆசையில் வாக்குத் தவறியிருக்கலாம். எது என்று நான் சொல்லவில்லை.

சொல்லப் போவதும் இல்லை.

பெயர்களை மாற்றியிருக்கிறேன். அதனால் பெரிய பயன் இல்லை. கேம் மெஷினுக்கு மூன்று வருஷம் வாராவாரம் சார்ஜ் போட்ட பெண் அந்தப் பக்கத்தில் ஒருத்திதான். பத்தாவது வரை படித்தவள். யாராவது கொண்டுபோய்க் கொடுத்தால் இரண்டாம் பக்கத்திலேயே தன்னைக் கண்டுகொள்வாள்.

நீங்கள் புதூர்நாட்டுப் பக்கம் போகிறவராக இருந்தால் ஒரு உதவி செய்யுங்கள். இந்தப் பத்திரிகையைப் பையை விட்டு எடுக்க வேண்டாம். குணசீலனை மட்டும் தனியாக வெளியே கூப்பிட்டு, "சொல்லிட்டீங்களா?" என்று ஒரு வார்த்தை கேளுங்கள். ஆமாம் என்றால் இந்தக் கதை முடிந்துவிட்டது. தலையைக் குனிந்துகொண்டாரென்றால், எதுவும் பேசாதீர்கள். நீங்கள் வெளியிலேயே நில்லுங்கள். அவர் உள்ளே போகட்டும்.