மிஞ்சியது கண்டென்சர்

மண்டைக்குள் இருந்த அத்தனை வார்த்தைகளையும் வழித்து எடுத்துக்கொண்டு, போனால் போகிறதென்று ஒன்றை மட்டும் விட்டுவைத்த அந்தப் பாழாய்ப்போன நோய், அந்த ஒன்றைப் பெண்டாட்டியின் பெயராகப் பார்த்து விட்டுவைத்திருக்கக் கூடாதா? என் வீட்டுக்காரருக்கு மிஞ்சியது கண்டென்சர். ஆமாம், கண்டென்சர்தான். மின்விசிறி சுற்ற மாட்டேன் என்று அடம்பிடித்தால் மெக்கானிக் வந்து மாற்றிவிட்டுப் போவாரே, சின்ன டப்பா, அதே கண்டென்சர்.

இதைச் சொன்னால் எல்லோரும் சிரிக்கிறார்கள். நானும் முதலில் சிரித்தேன். அப்புறம் குளியலறைக்குள் போய்க் குழாயைத் திறந்துவிட்டுக்கொண்டு அழுதேன்.

அவர் தொழிற்பயிற்சி நிலையத்தில் எலக்ட்ரானிக்ஸ் வாத்தியார். ஓய்வு பெற்றதும் அவருக்கு ஒரு பைத்தியம் பிடித்தது. ஒவ்வொரு பாகத்தின் பெயரும் எங்கே பிறந்தது, எந்த மொழியில் எப்படித் திரிந்தது என்று கட்டுரை எழுதுகிற பைத்தியம். ஆரம்பித்தது கண்டென்சரில். அதைத் தாண்டி அடுத்த பாகத்துக்கு அவர் போகவே இல்லை. தட்டுக்கு முன்னால் உட்கார்ந்தால் கண்டென்சர், பல் தேய்க்கும்போது நுரையோடு கண்டென்சர். ஆதியில் மின்சாரத்தைக் கண்ணாடி ஜாடிக்குள் பிடித்துவைத்தார்களாம், அதனால் ஜாடி என்றே கூப்பிட்டார்களாம். பிறகு இத்தாலிக்காரர் ஒருவர், மின்சாரம் உள்ளே நெருக்கியடித்துக்கொண்டு அடர்த்தியாக நிற்கிறது என்று நினைத்து, அடர்த்தியாக்குவது என்ற பொருளில் இந்தப் பெயரை வைத்தாராம். நீராவியைத் தண்ணீராக்கும் கருவிக்கும் அதே பெயர். பின்னாளில் இங்கிலீஷ்காரர்கள் நமக்கு எதற்கு வம்பு என்று கெப்பாசிட்டருக்கு மாறிக்கொண்டார்களாம். ஜெர்மன்காரரும் ரஷ்யக்காரரும் ஜப்பான்காரரும் பழையதை விடவில்லை. நம் பாடப்புத்தகத்தில் மின்தேக்கி. கடைத்தெருவில் இன்றைக்கும் கண்டென்சர்.

"பேரு வச்சவன் எல்லாம் போய்ச் சேர்ந்துட்டான். அர்த்தமும் மாறிப்போச்சு. சாமான் மட்டும் அது பாட்டுக்கு வேலையப் பாத்துட்டிருக்கு," என்பார், ஏதோ அதைத் தானே பெற்று வளர்த்த மாதிரி.

"அதுக்காவது வேலை இருக்கு. நீங்க போய்க் குப்பையக் கொட்டிட்டு வாங்க," என்பேன் நான்.

அன்றைக்குக் கூடத்து மின்விசிறி மந்தமாகச் சுற்றுகிறதென்று மெக்கானிக் வந்திருந்தார். ஸ்டூலில் நின்றபடி, "சார், கண்டென்சர், கெப்பாசிட்டர் ரெண்டும் ஒண்ணுதானே?" என்று கேட்டுவிட்டார். கேட்கக் கூடாத ஆளிடம் கேட்டுவிட்டாரே, இனி மதியச் சாப்பாடு சாயங்காலம்தான் என்று நான் சமையலறையில் தலையில் அடித்துக்கொண்டேன். இவர் முகமெல்லாம் மலர்ந்து, "கண்டென்சர்..." என்று தொடங்கினார். அவ்வளவுதான். வாய் ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டது. மெக்கானிக் ஸ்டூலிலிருந்து குதித்துத் தாங்கியிருக்காவிட்டால் தலை தரையில் மோதியிருக்கும். அந்த மனிதர் நன்றாக இருக்கட்டும்.

பக்கவாதத்தில் வலது கை விழுந்துவிட்டது. கால் பாதி திரும்பி வந்தது. நாம் பேசுவதெல்லாம் அவருக்கு நன்றாகப் புரிகிறது. வாயைத் திறந்தால் மட்டும் அந்த ஒற்றை வார்த்தை. பேச்சுப் பயிற்சி கொடுக்க வீட்டுக்கு வரும் பெண்ணிடம் என் ஆற்றாமையைக் கொட்டினேன்.

"சிலருக்கு இப்படித்தாம்மா, ஒரே வார்த்தை வந்து ஒட்டிக்கும்," என்றாள். "கெட்ட வார்த்தை மட்டும் மிஞ்சினவங்களையும் பாத்திருக்கேன். எது மேல பாசம்ங்கறதுக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்ல. அவர் மனசுக்குள்ள தண்ணின்னு நினைச்சுத்தான் வாயைத் திறக்கறார். வெளிய வர்றது இது."

"என்னை நினைச்சு வாயைத் திறந்தாலும்?"

"இதுதான் வரும்."

சரி, எனக்கும் அந்த டப்பாவுக்கும் ஒரே பெயர் என்று மனத்தைத் தேற்றிக்கொண்டேன்.

நான் மருந்துக் கடையில் வேலை பார்க்கிறவள். டாக்டர் சீட்டில் ஒரு கோட்டை நெளியவிட்டிருந்தால் அது என்ன மாத்திரை என்று சொல்லிவிடுவேன். எனக்கா இவருடைய கண்டென்சர் புரியாது? வெடுக்கென்று சொன்னால் தண்ணீர். கடைசி எழுத்தை அழுத்தினால் குளியலறை, அதுவும் உடனே. ஜன்னல் பக்கம் பார்த்துத் தணிந்த குரலில் சொன்னால் வெயில் கண்ணில் அடிக்கிறது, திரையை இழு. சாப்பாட்டில் உப்பு கூடிப்போனால் ஒரு கண்டென்சர் வரும் பாருங்கள், அதில் என் பிறந்த வீட்டையே இழுத்துவிடுவார். காலையில் நான் கடைக்குக் கிளம்பும்போது ரொம்ப மெதுவாக ஒன்று சொல்வார். அதன் அர்த்தத்தை உங்களுக்கெல்லாம் சொல்ல முடியாது.

நாங்கள் சண்டைகூடப் போட்டோம். நான் நாலு வார்த்தை கேட்க, அவர் நாலு கண்டென்சர் கேட்க, பக்கத்து வீட்டுக்காரி கதவருகே நின்று வாய் பிளந்து பார்த்தாள். "எப்படிக்கா எல்லாம் புரியுது உங்களுக்கு?" என்றாள். எனக்குப் பெருமை தாங்கவில்லை. கல்யாணமான நாளிலிருந்து இந்த மனிதர் இத்தனை தூரம் எனக்கே எனக்கென்று இருந்ததில்லை.

அந்தப் பெருமையில்தான் மண் விழுந்தது. பயிற்சிக்கு வரும் பெண் ஒருநாள் என்னைச் சமையலறைக்குள் அழைத்துப்போனாள்.

"கோவிச்சுக்காதீங்கம்மா. அவர் வாயைத் திறக்கறதுக்குள்ள நீங்க டம்ளரோட நிக்கறீங்க. அப்புறம் அவருக்கு வேற வார்த்தை எதுக்கு? தேடாம இருந்தா கிடைக்காது. நாள் ஆக ஆக இன்னும் கஷ்டம்."

"நான் என்ன செய்யணும்கற?"

"புரியாத மாதிரி இருங்க."

கேட்க எத்தனை சுலபமாக இருக்கிறது! மறுநாள் அவர் தண்ணீர் கேட்டார். நான் கையைக் கட்டிக்கொண்டு நின்றேன். "என்ன வேணும்? சொல்லுங்க. த... த..." என்றேன். அவர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். மறுபடி கேட்டார். நான் அசையவில்லை. அவர் கண்ணை மூடிக்கொண்டு தேட ஆரம்பித்தார். நாக்கு வாய்க்குள் இங்கும் அங்கும் அலைந்தது. கழுத்து நரம்பு புடைத்து, நெற்றியில் வேர்வை முத்து முத்தாக நின்றது. ஒரு மிடறு தண்ணீருக்காக! ஓடிப்போய்க் கொடுத்துவிட்டேன். அடுத்த நாளும் அப்படியே. அதற்கடுத்த நாளும் அப்படியே. என் மனசு கல் இல்லையே, நான் என்ன செய்ய?

அந்தச் சமயத்தில்தான் நாத்தனார் வந்து சேர்ந்தார். இவருடைய அக்கா. ஆஸ்பத்திரி வார்டில் தலைமை நர்ஸாக இருந்தவர், அவர் குரலைக் கேட்டால் நோயாளி தானாக எழுந்து உட்காருவான் என்று இவரே கிண்டல் செய்வார். எங்கள் மூன்று மாடியையும் ஏறி வந்து, மூச்சு வாங்கிக்கொண்டே விஷயத்தைப் போட்டு உடைத்தார்.

"லிஃப்ட் இல்லாத வீட்டுல இவனைக் கூண்டுக்கிளி மாதிரி வச்சிருக்க. என் வீடு தரைத்தளம். பக்கத்துலயே ஆஸ்பத்திரி. இவனை மாதிரி ஆளுங்க தினம் அங்க ஒண்ணா உக்காந்து பேசிப் பழகறாங்க. என்கூட அனுப்பு. நீ வேணா கொஞ்ச நாள் கழிச்சு வா."

"அதெல்லாம் சரிப்படாது அண்ணி. அவர் என்ன கேக்கறார்னு உங்களுக்கு ஒண்ணும் புரியாது. பட்டினி கிடந்தே செத்துப்போவார்."

"நீ சும்மா இரு. டேய் தம்பி, நீ சொல்லு. அக்காகூட வர்றியா?"

"கண்டென்சர்," என்றார் இவர்.

நாத்தனார் என் பக்கம் திரும்பினார். "என்னங்கறான்?"

எனக்குப் புரிந்துவிட்டது. தலையை ஆட்டாமலே சொன்னதுதான், ஆனால் துளி சந்தேகம் இல்லை. வர்றேன் என்றார். வரமாட்டேன் என்கிறார் என்று நான் மாற்றிச் சொல்லியிருந்தால் இந்த உலகத்தில் யாருக்குத் தெரியும்? அவர் ஒருவரைத் தவிர யாருக்கும் தெரியாது. அவர் என்னைக் கெஞ்சவில்லை, மிரட்டவில்லை, பார்த்துக்கொண்டு இருந்தார்.

நாத்தனாரை விட்டுவிட்டு வீட்டுக்காரர்மேல் பாய்ந்தேன். "ஏன்? நான் உங்களுக்கு என்ன குறை வச்சேன்? சொல்லுங்க!"

"கண்டென்சர்," என்றார் தணிவாக. ஒரு குறையும் இல்லை.

"பின்னே என்னத்துக்கு அங்க?"

அவர் இடது கையால் மேஜைமேல் இருந்த டம்ளரை எடுத்து என் கையில் வைத்தார். அப்புறம் அந்தக் கையாலேயே தன் வாயைப் பொத்திக்காட்டினார். நீ கொடுத்துக்கொண்டே இருக்கிறாய், இது மூடிக்கிடக்கிறது. பிறகு அக்காவைக் கைகாட்டி, உதட்டோரம் ஒரு சிரிப்போடு, "கண்டென்சர்," என்றார். இவளுக்கு ஒரு எழவும் புரியாது.

நான் டம்ளரோடு நாற்காலியில் உட்கார்ந்துவிட்டேன். அன்றைக்கு அந்தப் பெண் சமையலறையில் சொன்னது அவர் காதில் விழுந்திருக்கிறது. நான் தோற்றுப்போய் ஓடி ஓடித் தண்ணீர் கொடுத்ததையும் அவர் பார்த்துக்கொண்டுதானே இருந்தார்!

"என்னம்மா சொல்றான்? வாயைத் திறந்து சொல்லேன்," என்றார் நாத்தனார்.

"வர்றேங்கறார்," என்றேன். "உங்களுக்கு ஒண்ணும் புரியாதாம். அதனாலதான் வர்றாராம்."

"கொழுப்பப் பாரேன் இவனுக்கு!" என்று அவர் முதுகில் ஒன்று வைத்தார் நாத்தனார். மூன்று பேரும் சிரித்தோம். நான் சிரித்தது எனக்கே சகிக்கவில்லை.

நானும் கூடப் போயிருக்கலாம். போனால் அங்கேயும் டம்ளரோடு நிற்பேன் என்று எனக்குத் தெரியும். அவரை நாற்காலியில் உட்காரவைத்து, மெக்கானிக்கும் பக்கத்து வீட்டுக்காரர்களும் படி படியாகத் தூக்கி இறக்கினார்கள். காரில் ஏறியதும் அவர் எதுவும் சொல்லவில்லை. சொன்னால் எனக்குப் புரிந்துவிடும் என்று பேசாமல் இருந்தாரோ என்னவோ.

ஒரே ஒரு வார்த்தை பேசுகிற ஆள் போனதற்கு வீடு இத்தனை அமைதியாகுமா? கடையில் சீட்டுகளைப் படித்தேன், மாத்திரைகளை எடுத்துக் கொடுத்தேன். வீட்டுக்கு வந்தால் புரிந்துகொள்ள ஒன்றும் இல்லை.

நாத்தனார் தினமும் போன் செய்து புலம்பினார். "தலையணை கேக்கறான்னு குடுத்தேன், விட்டெறிஞ்சான். பேப்பரைக் குடுத்தேன், அதையும் விட்டெறிஞ்சான். கடைசில பாத்தா பாத்ரூமாம்! நீ எப்படித்தான் இவனோட குப்பை கொட்டினியோ." எனக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தது. புது வார்த்தை ஏதாவது வந்ததா என்று கேட்பேன். எங்கே, அதே பல்லவிதான் என்பார். இப்படியே போனது. அவரை அனுப்பியது தப்போ, வார்த்தையும் வராமல், பேச்சுத் துணையும் இல்லாமல் அங்கே கிடந்து தவிக்கிறாரோ என்று எனக்கு உள்ளுக்குள் அரித்தது.

ஒருநாள் காலை, கடைக்குப் புறப்பட்டுக்கொண்டிருந்தேன். அங்கே மழை கொட்டுகிறது என்று நாத்தனார் போனில் சொல்லிக்கொண்டிருக்கும்போதே பின்னாலிருந்து அவர் குரல் கேட்டது. "கண்டென்சர்." இழுத்து, கடைசியில் லேசாக நடுங்கியது. கேட்டதும் தெரிந்துவிட்டது. மனிதருக்குக் குளிருகிறது. போர்வை நழுவியிருக்கும், இடது கைக்கு எட்டியிருக்காது.

"அரை மணி நேரமா எதையோ கேக்கறான்மா," என்றார் நாத்தனார். "டீ வேணாமாம், டிவி வேணாமாம். ஸ்பீக்கர்ல போடறேன். உனக்குத்தான் தெரியுமே, கேட்டுச் சொல்லு."

"கண்டென்சர்," என்றார் அவர் மறுபடி. இந்தத் தடவை என்னிடம். மருந்துக் கடைக்காரிக்கு இதுகூடத் தெரியாதா என்பது போல.

"தெரியலையே அண்ணி," என்றேன்.

"உனக்கேவா தெரியல?" என்றார் நாத்தனார்.

"தெரியல. என்னங்க, என்ன வேணும் உங்களுக்கு? சொல்லுங்க."

"கண்டென்சர்!" கோபம். கோபத்துக்குள்ளே நடுக்கம்.

"புரியலைங்க."

என் குரல் எப்படியோ நடுங்காமல் நின்றது. கால்தான் நிற்கவில்லை, கட்டிலில் உட்கார்ந்தேன், எழுந்தேன், அறைக்குள் நடந்தேன். போனில் அவர் மூச்சு புஸ்புஸ்ஸென்று கேட்டது. நாத்தனார், "தலை வலிக்குதாடா?" என்று ஆரம்பித்தார்.

"அண்ணி, நீங்க வாயை மூடுங்க!" என்று கத்தினேன். என் ஜென்மத்தில் அவரிடம் அப்படிப் பேசியதில்லை.

நாத்தனார் மூடிக்கொண்டார். மழைச் சத்தம் கேட்டது. "க..." என்று வந்தது. நின்றது. "கு..." மறுபடி நின்றது. போதும், சொல்லித் தொலைத்துவிடலாம் என்று என் வாய் வரைக்கும் வந்துவிட்டது. பல்லைக் கடித்துக்கொண்டேன்.

"குளி... குளிருது."

நாத்தனார் வீடே அதிரக் கத்தினார். எனக்குக் கண் மறைத்தது. "என்னங்க? சரியாக் கேக்கல. இன்னொரு தடவை சொல்லுங்க," என்றேன்.

"குளிருது," என்றார்.

நான் எப்போது அலமாரியைத் திறந்தேன், எப்போது அவருடைய தடித்த போர்வையை வெளியே எடுத்தேன் என்று எனக்குத் தெரியாது. அதைக் கையில் பிரித்துப் பிடித்துக்கொண்டு, காலிக் கட்டிலுக்கு முன்னால் நின்றுகொண்டிருந்தேன்.