எட்டில் ஒன்று

அலுவலகத்தில் அவளுக்குக் கத்தரி என்று பெயர். பெற்றவர்கள் ஆசையாக வைத்த பெயர் அடையாள அட்டையில் மட்டும் பிழைத்துக் கிடந்தது.

அவள் வேலை அப்படி. வீடியோ கேம் செய்யும் அந்த நிறுவனத்தில் இருநூறு பேர் சேர்ந்து மலை, காடு, கோட்டை, கோட்டைக்குள் குத்து வெட்டு என்று செய்து குவிப்பார்கள். குவித்ததை வெட்டிச் சிறிதாக்குவது அவள் பாடு. கடைசியாகச் செய்த கேமைப் பொட்டலம் கட்டிப் பார்த்தால் நூற்றுப் பதினெட்டு ஜிபி வந்தது. விளையாடுகிறவர்கள் வீட்டுக் கன்சோலுக்கோ வயிறு சிறியது. இந்த ஒன்று உள்ளே வர வேண்டுமானால் வேறு இரண்டு கேமைக் கழுத்தைப் பிடித்து வெளியே தள்ள வேண்டும். ‘குடியிருக்க வரீங்களா, வீட்டையே எழுதி வாங்க வரீங்களா?’ என்று ஒருவர் எழுதியிருந்த புகாரை, குழுத் தலைவி, எல்லோருக்கும் மேடம், பெரிதாக அச்சடித்துச் சுவரில் ஒட்டினார். அதற்குக் கீழே சிவப்பு மையில் ‘தொண்ணூறுக்குள்’ என்று எழுதினார்.

கத்தரி களத்தில் இறங்கினாள். கட்டை விரல் அளவுக் கூழாங்கல்லுக்குச் சுவர் அளவுக்குப் படம் வரைந்து வைத்திருந்தான் ஒரு புண்ணியவான். அதைச் சுருக்கினாள். கைவிட்ட கட்டங்கள், யாரும் திறக்காத கதவுக்குப் பின்னால் அலங்கரித்து வைத்த அறைகள், ஒரே மரம் பதினான்கு பெயரில் பதினான்கு முறை, எல்லாம் போயின. ஐந்து வாரத்தில் தொண்ணூற்று நாலுக்கு வந்து சேர்ந்தாள். அதற்குமேல் எலும்பைத்தான் வெட்ட வேண்டும்.

அப்போதுதான் ஒலிக் கோப்புறை கண்ணில் பட்டது. ஒவ்வொரு சத்தமும் எட்டுக் கோப்பாக இருந்தது. சரளைக் கல்லில் காலடி, எட்டு. மரப்பலகையில் காலடி, எட்டு. வாளை உருவும் ஓசை, எட்டு. நீளம் ஒன்று, பெயர் ஒன்று, கடைசி எண் மட்டும் வேறு. பதினான்கு மரத்தைப் பார்த்துவிட்டு வந்தவளுக்கு இது பழம் நழுவிப் பாலில் விழுந்த கதையாகத் தோன்றியது.

கேட்டுப் பார்க்காமல் வெட்டினாள் என்று சொல்லிவிடக் கூடாது. கேட்டாள். ஒரு காதால் கேட்டாள். அந்த அலுவலகத்தில் எல்லோருக்கும் உள்ள பழக்கம் அது. இயர்போனில் ஒன்று காதில், மற்றது தோளில். மேடம் கூப்பிட்டால் காதில் விழ வேண்டுமே. ஒரு காதுக்கு எட்டும் ஒன்றாகவே கேட்டன. முதலாவதை வைத்துக்கொண்டு ஏழையும் அழித்தாள். எட்டுப் பெயரும் அந்த ஒன்றையே போய்ச் சேரும்படி கட்டிவிட்டாள். கோப்புறையின் தலையில் ‘முதலில் படிக்கவும்’ என்று ஒரு சின்ன எழுத்துக் கோப்பு இருந்தது. அதையும் படிக்காமல் அழித்தாள். ஒன்றரை கேபி மிச்சம்.

அந்தச் சத்தங்களைப் பதிந்தவர் சவுண்ட் சார். முழங்கால் அறுவை சிகிச்சைக்காக விடுப்பில் இருந்தார். ஒரு போன் போட்டிருக்கலாம். படுத்திருக்கும் மனிதரை எதற்குத் தொந்தரவு செய்வது என்று விட்டுவிட்டதாகப் பிறகு தனக்குத் தானே சொல்லிக்கொண்டாள். உண்மையில், கேட்டால் ‘வேண்டாம்’ என்பார் என்ற பயம்தான்.

சுவரில் எண்பத்தெட்டு என்று எழுதினார்கள். அப்டேட் வெளியே போனது. சோதனைக் குழு டிவி ஸ்பீக்கரில் ஆடிப் பார்த்து, எல்லாம் சரி என்றது. மேடம் கூட்டத்தில் அவளை எழுந்து நிற்கச் சொன்னார். எல்லோரும் கை தட்டினார்கள். அன்று அவள் வீட்டுக்கு நடந்து போகவில்லை, மிதந்து போனாள்.

வீட்டில் அண்ணன் இருந்தான். அண்ணனுக்குக் கண் தெரியாது. பத்தொன்பது வயதில் நரம்பு வற்றி, ஆறே மாதத்தில் முழுதும் போயிற்று. அப்போது அவளுக்குப் பன்னிரண்டு. இப்போது இரண்டு அறை வீட்டில் இருவர் மட்டும். அவன் பார்சல் அனுப்பும் கம்பெனியில் போன் எடுத்துப் பதில் சொல்லும் வேலை பார்த்தான். சாயங்காலம் வந்ததும் ஹெட்செட்டை மாட்டிக்கொண்டு தங்கையின் கம்பெனி கேமை ஆடுவான். காதாலேயே ஆடுவான். எதிரி எந்தப் பக்கம், எத்தனை அடி, கையில் என்ன என்று சத்தத்தை வைத்தே சொல்லி, கண்ணுள்ளவர்களைப் புரட்டி எடுப்பான். அவனோடு ஆடுகிறவர்களில் பாதிப் பேருக்கு அவனுக்குக் கண் தெரியாது என்பதே தெரியாது. தெரிந்த மீதிப் பேர் வௌவால் என்று கூப்பிட்டார்கள். அந்தப் பெயரில் அவனுக்கு ஏகப்பட்ட பெருமை.

சத்தம் சிலருக்கு எத்தனை முக்கியம் என்பதை அந்த ஊழியர்களில் வேறு யார் மறந்திருந்தாலும் மன்னிக்கலாம். இவள் மறந்ததைத்தான் எந்தக் கணக்கிலும் சேர்க்க முடியவில்லை.

அப்டேட் வந்த அன்று அண்ணன் தோற்றான். மறுநாளும் தோற்றான். “சத்தத்துல ஏதாச்சும் மாத்தினீங்களா?” என்று கேட்டான்.

“இல்லையே. அளவைத்தான் குறைச்சோம்.” அப்போது அதை நம்பித்தான் சொன்னாள்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அவன் ஹெட்செட்டைக் கழற்றி நீட்டினான். “இதைக் கொஞ்சம் கேளேன். இந்தக் காலடி எந்தப் பக்கத்துலேருந்து வருது?”

வாங்கி இரண்டு காதிலும் மாட்டினாள். சரளைக் கல்லில் காலடி. நேர் எதிரே, மூக்குக்கு முன்னால். திரையில் சிப்பாய் இடது பக்கச் சுவரோரம் பதுங்கி வந்துகொண்டிருந்தான். பின்னால் இன்னொருவன் ஓடி வந்தான். அவனுடைய காலடியும் நேர் எதிரேதான் கேட்டது. உலகமே அவள் மூக்கின் முன்னால் வந்து கூடிவிட்டது. எட்டு எதற்கு என்பது அந்த நொடியில் புரிந்தது. எட்டுக் கோப்பு, எட்டுத் திசை.

‘நேரா வருது’ என்றால் அடுத்த கேள்வி ‘ஏன்’ என்று வரும். கைதட்டல் இன்னும் காதை விட்டுப் போயிருக்கவில்லை. அவள் திரையைப் பார்த்தாள்.

“இடது பக்கம்ணா.”

“ஓ,” என்றான். ஹெட்செட்டை வாங்கி மடியில் வைத்துக்கொண்டான். “உனக்குக் கேக்குது.”

மறுநாள் அலுவலகம் போனதும் முதல் வேலையாகப் பழைய பிரதியைத் திறந்து அந்தச் சின்னக் கோப்பைப் படித்தாள். ‘எட்டும் வேறு வேறு. பிளாஸ்டர் பொம்மைத் தலையின் இரண்டு காதிலும் மைக் வைத்து, எட்டுப் பக்கமும் நடந்து பதிந்தேன். ஹெட்போனில் இரண்டு காதாலும் கேட்கவும். தொடுமுன் ஒரு வார்த்தை சொல்லவும்.’ அந்தத் தலையை அவளுக்குத் தெரியும். சவுண்ட் சார் அதைப் பையில் போட்டு ஊரெல்லாம் தூக்கித் திரிவார். பஸ்ஸில் தனக்குப் பக்கத்து இருக்கையில் உட்கார வைத்துக்கொள்வார். ஆபீஸே சிரிக்கும். அவளும் சிரித்திருக்கிறாள்.

நாளைக்குச் சொல்லலாம் என்று இருந்தாள். நாளை வந்தது. எண்பத்தெட்டு என்ற எண்ணை நிறுவனம் விளம்பரத்தில் போட்டது. அடுத்த நாளைக்குத் தள்ளினாள். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தவர்கள்கூட அதை ஒரு வேளைக்குத்தான் மறைத்திருப்பார்கள். இவள் ஒன்பது நாள் மறைத்தாள்.

அந்த ஒன்பது நாளில் அண்ணன் மாறிப்போனான். கேமைத் தொடவில்லை. அதுகூடப் போகட்டும். ஒரு நாள் காலை ஜன்னல் வழியாக அவன் வேலைக்குப் போவதைப் பார்த்தாள். முனையில் சாலையைக் கடக்க நின்றான். வண்டிகள் நின்றன. அவன் நகரவில்லை. வண்டிகள் கிளம்பின, மறுபடி நின்றன. அப்போதும் நின்றான். எத்தனையோ வருடமாகச் சத்தத்தை வைத்து விறுவிறுவென்று கடந்த சாலை அது. மூன்றாம் முறை ஒரு பெண்மணி கையைப் பிடித்துக் கூட்டிப் போனார். கத்தரி ஜன்னல் திரையை இழுத்துவிட்டாள். யாரும் அவளைப் பார்க்கவில்லைதான். ஆனாலும் அந்த ஜன்னலில் நிற்க அவளுக்குக் கூசியது.

“காது டாக்டர்கிட்ட நாள் வாங்கிருக்கேன். கூட வரியா?” என்று அன்று மாலை கேட்டான். “கண்ணுக்கும் இப்படித்தான் ஆரம்பிச்சுது. முதல்ல எது எங்க இருக்குன்னு குழம்புச்சு.”

“வரேன்ணா,” என்றாள். அப்போதும் சொல்லவில்லை.

டாக்டரின் முன்னறையில் பிளாஸ்டிக் நாற்காலிகள், மீன் இல்லாத மீன் தொட்டி, எதிரே இருமிக்கொண்டு ஒரு பெரியவர். அண்ணன் அவள் கையை இழுத்து உள்ளங்கையை விரித்தான். ஆள்காட்டி விரலால் ஏதோ கோடு போட்டான்.

“என்னண்ணா?”

“கை மேல எழுதுற பாஷை. கண்ணும் காதும் இல்லாதவங்க பேசிக்கிறது. ஆபீஸ்ல ஒருத்தர்கிட்ட கேட்டுப் பத்து எழுத்து கத்துக்கிட்டேன். கேக்குறப்பவே கத்துக்கிட்டாத்தானே உண்டு.” மெதுவாக இன்னொரு எழுத்து எழுதினான். “நீயும் கத்துக்கணும். நீ இல்லாம நான் யார்கூடப் பேசறது?”

அவளுக்கு உள்ளங்கை எரிந்தது. பூமி பிளந்து தன்னை உள்ளே வாங்கிக்கொண்டால் தேவலை என்றிருந்தது.

“அண்ணா, உன் காதுல ஒண்ணும் இல்ல.”

“அதை டாக்டர் சொல்லட்டும்.”

“நான் சொல்றேன். கேம்லதான் கோளாறு. அதை நான்தான் செஞ்சேன்.”

எட்டுக் கோப்பையும், ஒரு காதையும், படிக்காமல் அழித்த குறிப்பையும் சொன்னாள். குரல் இறங்கிக்கொண்டே போனது. எதிரே இருந்த பெரியவர் இருமலை நிறுத்திவிட்டுக் கேட்டார்.

அண்ணன் இரண்டு காதையும் தொட்டுப் பார்த்தான். “அப்ப என் காது நல்லாருக்கு,” என்றான்.

“நல்லாருக்குண்ணா.”

சிரித்தான். அறை முழுக்கத் திரும்பிப் பார்க்கும்படி, கண்ணில் நீர் வரச் சிரித்தான். திட்டியிருந்தால் தாங்கியிருப்பாள். ஓங்கி ஓர் அறை விட்டிருந்தால் நன்றி சொல்லியிருப்பாள். அந்தச் சந்தோஷத்தைப் பார்க்கத்தான் முடியவில்லை. அவனிடமிருந்து இத்தனை நாளாக அவள் பிடுங்கி வைத்திருந்தது அதுதான்.

“எவ்வளவு மிச்சம் பிடிச்சே?”

“ஆறு ஜிபி.”

“பரவால்லையே.” முகத்தைத் துடைத்துக்கொண்டான். சட்டென்று கை நின்றது. “உனக்கு எப்பத் தெரியும்?”

“அன்னிக்கு ஞாயித்துக்கிழமை. ஹெட்செட்டை மாட்டினதுமே தெரிஞ்சுது.”

“இடது பக்கம்னு சொன்னியே.”

“திரையைப் பாத்துச் சொன்னேன்.”

அவன் அவள் உள்ளங்கையை விட்டான். தூக்கி எறியவில்லை. எடுத்த இடத்தில், அவள் மடியில், திரும்ப வைத்தான்.

“வெட்டினது தெரியாமச் செஞ்சது,” என்றான் மெதுவாக. “இது அப்படி இல்ல.”

“இல்ல.”

“என்னை மாதிரி இன்னும் யார் யார் எந்த டாக்டர் வாசல்ல உக்காந்திருக்காங்களோ. முதல்ல அதைப் போய்ப் பாரு.”

அவள் தாழ்வாரத்துக்குப் போய் மேடத்துக்குப் போன் செய்தாள். “மேடம், நான் எடுத்ததுல ஆறு ஜிபியைத் திருப்பி வைக்கணும்.”

“தொண்ணூத்தி நாலு ஆயிடுமே. விளம்பரமே போயாச்சு.”

“ஆமா மேடம். சத்தத்தை வச்சு ஆடுறவங்களால ஆட முடியல. தப்பு என்னோடது. அப்டேட்டோட போற குறிப்புல காது கோளாறு இல்ல, கேம் கோளாறுன்னு தெளிவா எழுதணும். என் பேரையும் போடுங்க.”

“சரி. சவுண்ட் சார்கிட்ட நீயே சொல்லிடு,” என்று மட்டும் சொல்லி மேடம் போனை வைத்துவிட்டார். சொன்னாள். சார் கோபப்படவில்லை. “குறிப்பு எழுதி வச்சிருந்தேனேம்மா,” என்றார்.

திரும்பி வந்தபோது நாற்காலி காலியாக இருந்தது. அண்ணனை நர்ஸ் உள்ளே அழைத்துப் போயிருந்தார். கதவு பாதி திறந்திருந்தது. டாக்டர், “இருபது வயசுப் பையன் காது சார் உங்களுக்கு,” என்று சொல்வதும், “நிச்சயமாத்தானே?” என்று அண்ணன் கேட்பதும், அவர் மறுபடி சொல்வதும், “வலது, இடது ரெண்டுமா?” என்று அவன் இன்னொரு முறை கேட்பதும் அவள் காதில் விழுந்தன. தங்கை சொன்னதைச் சரிபார்க்கிறான் என்று அவளுக்குப் புரிந்தது.

வெளியே வந்தார்கள். எப்போதும் போல அவள் முழங்கையை நீட்டினாள். எப்போதும் போல அவன் பிடித்துக்கொண்டான். வாசலில் நின்று, “மூணு படி இறங்கணும்ணா,” என்றாள்.

பதினாறு வருடமாக அவள் ஒரு எண் சொன்னால் அந்த எண்ணை நம்பிக் காலை வைத்தவன். அன்று அவள் முழங்கையை விட்டான். தடியை நீட்டி முதல் படியைத் தட்டினான். பிறகு இரண்டாவதை. பிறகு மூன்றாவதை. அதற்கும் கீழே தரையை இரண்டு முறை தட்டிப் பார்த்தான்.

“மூணுதான்,” என்று சொல்லிவிட்டு இறங்கினான்.