மச்சினனுக்கு எதிராக ஒரு தீர்ப்பு

விசாரணைக் கூடத்துக்கு வெளியே கிடந்தது ஒரே ஒரு பெஞ்சு. புகார் கொடுத்தவருக்கு ஒன்று, புகாருக்கு ஆளானவருக்கு ஒன்று என்று தனித்தனியாகப் போட வேண்டும் என்பது யாருக்கும் தோன்றவில்லை. நீதிபதிகளையே சாட்சியாக உட்கார வைத்துக் கேள்வி கேட்கிற கூடம் அது. எப்போதாவது திறக்கிற கடைக்கு யார் இரண்டு பெஞ்சு வாங்கிப் போடுவார்கள்? ஆகவே இந்த முனையில் நீதிபதி, அந்த முனையில் தையல்காரம்மா. நடுவே நீதிபதியின் வக்கீல், படியாத பேரத்துக்கு நடுவில் மாட்டிக்கொண்ட தரகன் போல, இரண்டு பக்கமும் முழங்கால் இடிக்காமல் ஒடுங்கி உட்கார்ந்திருந்தார்.

நீதிபதிக்கு வக்கீல்கள் வைத்திருந்த பெயர் விறைப்பு. காலரும் அப்படி, ஆளும் அப்படி. புது வருஷத்துக்கு யாரோ அனுப்பிய காலண்டரைக்கூடத் திருப்பி அனுப்பிவிட்டு, சுவரில் வெறும் ஆணியோடு ஒரு வருஷம் ஓட்டியவர். அவர் கோர்ட்டில் ஆட்சேபணைக்கு ஆயுள் கிடையாது. வக்கீல் நாற்காலியை விட்டு முழுசாக எழுந்திருப்பதற்குள், “நிராகரிக்கிறேன். சாட்சி பதில் சொல்லலாம்” என்று வந்து விழும். வீட்டிலும் அதே கதைதான். உடம்பில் சர்க்கரையை வைத்துக்கொண்டு இரண்டாவது காபி எதற்கு என்று மனைவி கேட்டால், அதற்கும் “நிராகரிக்கிறேன்” தான்.

அப்பேர்ப்பட்டவர் இன்றைக்குக் கையைக் கட்டிக்கொண்டு, உள்ளே கூப்பிடுவதற்காகக் காத்திருந்தார்.

வக்கீல் அவரை ஜன்னல் பக்கம் தள்ளிக்கொண்டு போனார். கல்லூரிக் காலத்து நண்பர். எந்த வழக்கையும் பேசி முடித்துவிடுவதால் சமரசம் என்று பெயர்.

“விசாரணைக் குழுத் தலைவியம்மா ஆள் விட்டுச் சொல்லியிருக்காங்கடா. இப்பவே ராஜினாமா எழுதிக் குடுத்தா விசாரணை இங்கயே நின்னுடும். தப்புன்னும் எழுத மாட்டாங்க, தப்பில்லன்னும் எழுத மாட்டாங்க. மரியாதையா வீட்டுக்குப் போகலாம்.”

“அப்ப அந்தம்மா புகார்?”

“உன்னோட சேர்ந்து அதுவும் வீட்டுக்குப் போயிடும். ஆள் இல்லாத பதவியை யார் விசாரிப்பாங்க?”

“வேண்டாம்.”

“தெரியும். அதான் ரெண்டாவது சரக்கும் கொண்டு வந்திருக்கேன்.” சமரசம் குரலை இறக்கினார். “உள்ள போய் ஒரே ஒரு வரி சொல்லு. ‘என் மச்சினனுக்கு எதிராத்தான் தீர்ப்பு குடுத்தேன்.’ அவ்வளவுதான். அதுக்கு மேல வாயைத் திறக்காதே. சொந்தக்காரனுக்குச் சாதகமாச் செஞ்சான்னுதான் உலகத்துல ஜட்ஜுங்க மாட்டுவாங்க. சொந்தக்காரன் தலையில கல்லைப் போட்டவனை எப்படி மாட்டுவாங்க? மிஞ்சினா ஒரு கண்டிப்பு. கண்டிப்பு என்ன, ஈரத் துணி. நாலு நாள்ல காஞ்சிடும்.”

“இல்லன்னா?”

“பதவியை விட்டுத் தூக்கணும்னு பரிந்துரை. பேப்பர்ல படம். நீ தண்டிச்ச திருடன்லாம் டீக்கடையில உன்னைப் படிச்சுச் சிரிப்பான். போதுமா?”

போதும். அது போதாதா என்ன.

நடந்தது இதுதான். ஒரு பழைய கட்டடத்தை இடித்துவிட்டுப் புதிதாகக் கட்ட அதன் முதலாளிக்கு அவசரம். காலி செய்ய மறுத்தவர்கள் இரண்டு பேர். முன்பக்கம் தையல் கடை வைத்திருந்த அம்மா ஒருவர். பின்பக்கம் பெயிண்ட் கடை வைத்திருந்தவன் நீதிபதியின் மச்சினன், அதாவது மனைவியின் தம்பி. இருவரும் சேர்ந்து ஒரே மனுவில் தடை உத்தரவு கேட்டார்கள். குத்தகைக் காலம் பாக்கி இருந்தது, பத்திரம் சரியாக இருந்தது. எந்தக் கத்துக்குட்டி நீதிபதியும் கண்ணை மூடிக்கொண்டு தடை கொடுக்கிற வழக்கு.

முதல் நாள் சாயங்காலம் மச்சினன் வீட்டுக்கு வந்தான். சோபாவில் சாய்ந்து, காலை ஆட்டிக்கொண்டே, “மாமா, நாளைக்கு நம்ம கேஸு உங்க கிட்டதான் வருதாம். நான் நிம்மதியாத் தூங்கலாம்ல?” என்று கண்ணடித்தான். அந்தக் கண்ணடிப்பு நீதிபதியின் இருபது வருஷத்துக் காலரில் காறித் துப்பியது போல இருந்தது. வாசல் வரை துரத்தினார்.

மறுநாள் அவர் செய்திருக்க வேண்டியது ரொம்பச் சின்ன வேலை. நீதிபதிகளுக்குள் இருக்கிற வழக்கம்தான். பகிரங்கமாக, “மனுதாரர் என் உறவினர், இதை நான் கேட்க முடியாது” என்று சொல்லி, வழக்கைப் பக்கத்துக் கோர்ட்டுக்குத் தள்ளிவிட வேண்டும். சொன்னால், விறைப்போட மச்சினன் வழக்கோடு அலைகிறான் என்று அத்தனை வக்கீலும் காதைக் கடிப்பான். அதைவிட, அந்தக் கண்ணடிப்புக்குப் பதில் சொல்லாமல் விட்டதாகவும் ஆகிவிடும். சொல்லவில்லை. வழக்கை எடுத்தார். இரண்டே வரியில் மனுவைத் தள்ளுபடி செய்தார். மறுநாள் விடிவதற்குள் கட்டடம் தரைமட்டம். பிறகு மேல் கோர்ட்டு அந்த உத்தரவு தவறு என்றது. மேல் கோர்ட்டு சொல்லி எந்தச் சுவர் எழுந்து நின்றிருக்கிறது?

தீர்ப்புச் சொன்ன அன்று ராத்திரிச் சாப்பாட்டின்போது, “உன் தம்பிக்கு இன்னிக்கு ஒரு பாடம் சொல்லிக் குடுத்தேன்” என்றார் மனைவியிடம்.

அவள் பரிமாறுவதை நிறுத்தினாள். “அவனுக்குச் சரி, திமிர் பிடிச்சவன். கூட மனுப் போட்ட பொம்பளைக்கு என்ன பாடம் சொல்லிக் குடுத்தீங்க?”

வழக்கம் போல, “நிராகரிக்கிறேன்” என்றார். வழக்கமாக அந்த வார்த்தைக்குச் சிரிக்கிறவள் அன்றைக்குச் சிரிக்கவில்லை. அந்தச் சிரிக்காத முகம்தான் இன்றைக்கு வரை அவருக்குச் சோறு இறங்கவிடாமல் செய்துகொண்டிருந்தது. மச்சினனோ ஊரெல்லாம், “ஜட்ஜு எங்க மாமாதான், எனக்கே ஆப்பு வெச்சுட்டாரு” என்று சொல்லிக்கொண்டு திரிந்தான். அப்படித்தான் உறவு விஷயம் தையல்காரம்மாவின் காதுக்கும், அங்கிருந்து இந்தப் பெஞ்சுக்கும் வந்து சேர்ந்தது.

சமரசம் ஏதோ கையெழுத்துக்காக உள்ளே போனார். பெஞ்சில் தரகன் இல்லை.

“ஐயா, இங்க குடிக்கத் தண்ணி எங்க இருக்கு?”

“புகார்தாரரும் நானும் பேசிக்கக் கூடாதும்மா.”

“தண்ணிதானே கேட்டேன்? தீர்ப்பா கேட்டேன்?”

நீதிபதி வாயைத் திறக்காமல் நடையின் கோடியைக் கையால் காட்டினார். தையல்காரம்மா போய்க் குடித்துவிட்டு வந்து, எதிர்ச் சுவரைப் பார்த்து உட்கார்ந்தார்.

“நான் யார்கிட்டயும் பேசல. சுவருகிட்ட பேசறேன். சுவரே, அந்த ஆள் வேலை போகணும்னு எனக்கு ஒண்ணும் ஆசை இல்ல. அவர் வேலை போனா என் மிஷினெல்லாம் மண்ணுக்குள்ளேருந்து எழுந்து வருமா? இடிச்சவன்கிட்ட நஷ்டம் கேட்டா, கோர்ட்டு வேணாம்னு சொல்லல, நான் இடிச்சேன்னு சட்டம் பேசறான். அந்த உத்தரவு எதுக்காக வந்துச்சுன்னு பெரியவங்க ஒரு வரி எழுதிட்டாங்கன்னா, அதை வெச்சு நான் மோதிக்குவேன்.”

சுவர் ஒன்றும் சொல்லவில்லை. நீதிபதிக்குக் காலர் இறுக்கியது.

உள்ளே மூன்று பேர். நடுவில் தலைவியம்மா. வெள்ளெழுத்துக் கண்ணாடியை மூக்கு நுனியில் நிறுத்தி, அதற்கு மேலாகப் பார்க்கிறவர். அந்தப் பார்வைக்குப் பயந்து பாதிப் பொய் தொண்டையிலேயே நின்றுவிடும் என்று பேச்சு. நீதிபதியைச் சாட்சி நாற்காலியில் உட்காரச் சொன்னார்கள். இருபது வருஷமாக அவர் மேலிருந்து பார்த்த நாற்காலி. இத்தனை தாழ்வாகவா போட்டு வைத்திருக்கிறோம் என்று நினைத்துக்கொண்டார்.

“மனுதாரர்ல ஒருத்தர் உங்க மனைவியோட தம்பி. தெரிஞ்சேதான் வழக்கைக் கேட்டீங்களா?”

“தெரிஞ்சேதான்.”

“ஏன் சொல்லல?”

சமரசம் கண்ணாலேயே ஜாடை காட்டினார். போடு, இப்போதே போடு.

“என் மச்சினனுக்கு எதிராத்தான் தீர்ப்பு குடுத்தேன்” என்றார் நீதிபதி.

வரி விழ வேண்டிய இடத்தில் நன்றாகவே விழுந்தது. வலது பக்கத்து உறுப்பினர் தலையை ஆட்டினார். இடது பக்கத்தவர் பேனாவை மூடினார். சமரசம் நாற்காலியில் சாய்ந்துகொண்ட விதத்தைப் பார்த்தால், வியாபாரம் முடிந்து, சாமான் கட்டி, வண்டியில் ஏற்றியாகிவிட்டது.

தலைவியம்மா கண்ணாடிக்கு மேலாகப் பின்வரிசையைப் பார்த்தார். “புகார்தாரர் ஏதாவது கேக்கணுமா?”

தையல்காரம்மா எழுந்தார். கை முன் நாற்காலியின் முதுகைப் பிடித்திருந்தது. “ஒண்ணே ஒண்ணும்மா. ஐயா, உங்க மச்சினர் இல்லாம நான் மட்டும் தனியா வந்து நின்னிருந்தா, அன்னிக்கு என்ன சொல்லியிருப்பீங்க?”

சமரசம் பாய்ந்து எழுந்தார். “ஆட்சேபணை! நடக்காத ஒண்ணைப் பத்தி யூகமாக் கேக்கறாங்க, இதுக்கெல்லாம்...”

“நிராகரிக்கிறேன். சாட்சி பதில் சொல்லலாம்.”

குரல் கணீரென்று கூடமெங்கும் கேட்டது. தலைவியம்மாவின் வாய் அப்போதுதான் திறந்திருந்தது. அதிலிருந்து இன்னும் ஒரு வார்த்தையும் வெளியே வரவில்லை. மூன்று பேரும் சாட்சி நாற்காலியையே பார்த்தார்கள். இடது பக்கத்தவருக்குச் சிரிப்பு முட்டிக்கொண்டு வந்து, இருமலாக மாறியது. நீதிபதிக்குக் காது மடல் கொதித்தது. வாயைக் கொடுத்து மாட்டிக்கொண்ட எத்தனையோ பேரை அவர் பார்த்திருக்கிறார். தன் வக்கீலின் ஆட்சேபணையைத் தானே தள்ளுபடி செய்துகொண்டவனை இன்றைக்குத்தான் பார்க்கிறார்.

தலைவியம்மா கண்ணாடியைக் கழற்றினார். “அந்த வேலை இங்க என்னோடது. ஆனா உத்தரவு சரிதான். சாட்சி பதில் சொல்லலாம்.”

சமரசம் தலையை மிக லேசாக ஆட்டினார். அதே தீர்ப்புத்தான் கொடுத்திருப்பேன் என்று சொல்லு. சொன்னால் யார் நெஞ்சைக் கிழித்துப் பார்க்கப் போகிறார்கள்? ஒரு பொய். அதுவும் ருசுப்படுத்த முடியாத பொய். அதைச் சொல்லிவிட்டால் ஈரத் துணி காய்கிற நாலு நாள், பிறகு பழைய நாற்காலி.

பரிமாறுவதை நிறுத்தின கை அவர் கண்ணுக்குள் வந்து நின்றது.

“தடை குடுத்திருப்பேன்” என்றார்.

“சத்தமா.”

“தடை உத்தரவு குடுத்திருப்பேன். வழக்குல ஒரு குறையும் இல்ல. அவன் என்னைப் பாத்துக் கண்ணடிச்சான். அந்தக் கோபத்துல தள்ளுபடி பண்ணேன். நான் நேர்மையானவன்னு காட்டறதுக்கு இவங்க கடையைச் செலவு பண்ணிட்டேன்.”

தையல்காரம்மா மெதுவாக உட்கார்ந்தார். சமரசம் கட்டி வைத்த சாமானெல்லாம் வண்டியிலிருந்து சரிவதைப் பார்க்கிறவராக நின்றார்.

தலைவியம்மா கண்ணாடியை மறுபடி மாட்டிக்கொண்டார். பிறகு, “முதல்ல சொல்லி அனுப்பினது இன்னும் அப்படியேதான் இருக்கு. நாங்க எழுத ஆரம்பிக்கற வரைக்கும் அந்தக் கதவை மூட மாட்டேன். புரியுதா?” என்றார்.

புரிந்தது. ஒரு தாள், ஒரு கையெழுத்து. படம் வராது, திருடன் சிரிக்க மாட்டான். அந்த ஒரு வரியும் எழுதப்படாது.

“வேண்டாம்மா. நீங்க எழுதுங்க. எதுக்காக அந்த உத்தரவு வந்துச்சுன்னும் சேர்த்து எழுதுங்க.”

“அம்மா, ஆட்சேபணை” என்று சமரசம் கடைசித் தடவையாக எழுந்தார். “என் கட்சிக்காரர் மனநிலை சரியில்லாம...”

எல்லார் கண்ணும் நீதிபதியின் வாய்க்குப் போயிற்று. பழக்கம் நாக்கு நுனி வரை வந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு தலைவியம்மாவைப் பார்த்தார்.

“நிராகரிக்கிறேன்” என்றார் தலைவியம்மா. “வெளியில இருங்க. கூப்பிடறோம்.”

வெளியே அதே பெஞ்சு. சமரசம் உட்காரவில்லை. நேராகப் படியிறங்கிப் போனவரின் காலடிச் சத்தத்தில் அத்தனை வசவும் இருந்தது. கதவுக்கு அந்தப் பக்கம் தட்டச்சுச் சத்தம் ஆரம்பித்தது, நின்றது, மறுபடி ஆரம்பித்தது. ஒவ்வொரு தடவை நிற்கும்போதும் நீதிபதியின் தொண்டை வறண்டது.

“இப்பவாவது பேசலாமா ஐயா?”

“எழுதி முடிக்கற வரைக்கும் கூடாதும்மா.”

தையல்காரம்மா எதிர்ச் சுவரின் பக்கம் திரும்பினார். “சுவரே, அந்த ஐயாவுக்குத் தண்ணி வேணுமான்னு கேளு.”

தட்டச்சு மறுபடி நின்றது. நீதிபதி காலர் பொத்தானைக் கழற்றிவிட்டுச் சுவரைப் பார்த்தார்.

“வேணும்” என்றார்.