அறிக்கையில் ஒரு கூலியாள்

கல்யாண வயசில் பெண்ணை வைத்திருக்கிறவளுக்கு, வாசலில் வந்து நிற்கிற வெள்ளைச் சட்டையெல்லாம் மாப்பிள்ளை வீட்டுச் சட்டையாகத்தான் தெரியும். அவளுக்கும் அன்றைக்கு அப்படித்தான் தெரிந்தது.

தரகர் முந்தின வாரமே சொல்லி வைத்திருந்தார். "பையனுக்கு ஆபீஸ் உத்தியோகம். அங்கிருந்து யாராவது சொல்லாம கொள்ளாம வந்து விசாரிப்பாங்க. பாத்துப் பேசுங்கம்மா."

அதனால் தோல்பையோடு வந்தவர், "ஆபீஸ்ல இருந்து வர்றேன். வீட்டையும் நிலத்தையும் பத்திக் கொஞ்சம் விசாரிக்கணும்" என்றதும், எந்த ஆபீஸ் என்று கேட்க அவளுக்குத் தோன்றவே இல்லை. இருந்ததில் நல்ல நாற்காலியைத் துடைத்துப் போட்டாள். உள்ளே மகளிடம் புடவை மாற்றச் சொல்லி ஜாடை காட்டினாள்.

"நிலத்தை யாரு பாத்துக்கறாங்க?"

"எல்லாம் டிராக்டர்காரர்கிட்ட விட்டாச்சுங்க. எங்க வீட்டுக்காரர் சேத்துல கால் வெச்சே பல வருஷம் ஆச்சு. வரப்புல நின்னு பாத்துட்டு வருவார், அவ்வளவுதான்."

அத்தனையும் பொய். டிராக்டர்காரர் மணிக்கணக்குக்கு வந்து உழுதுவிட்டுப் போகிறவர். மிச்சமெல்லாம் அவள் கணவனின் இரண்டு கைகள்தான். ஆனால் கோட்டை கட்ட ஆரம்பித்தவள் பாதியில் நிறுத்துவாளா? வந்தவர் ஒவ்வொன்றையும் எழுதிக்கொண்டார். எழுத எழுத அவளுக்கு உற்சாகம் ஏறியது.

அந்த நேரம் பார்த்துக் கணவன் பின்வாசலில் வந்து நின்றான். முழங்கால் வரை சேறு, தலையில் துண்டு, தோளில் மண்வெட்டி. அவள் கண்ணாலேயே போகச் சொன்னாள். விருந்தாளி இருக்கிறார் என்று புரிந்துகொண்டு அவன் சத்தமில்லாமல் வயலுக்கே திரும்பிவிட்டான்.

"யாரும்மா அது?" என்றார் வந்தவர்.

"அது வேலை செய்யற ஆளுங்க."

கிளம்பும்போது, தான் வந்து போனதற்கு அடையாளம் என்று ஒரு தாளில் கையெழுத்துக் கேட்டார். பெரிய இடத்தில் இப்படித்தான் போலிருக்கிறது என்று நினைத்து, அழகாகப் போட்டுக் கொடுத்தாள்.

வந்தவர் கோயில் நிர்வாக ஆபீஸ்காரர். அவர்கள் பயிரிடும் மூன்று ஏக்கரும் கோயில் நிலம். மாமனார் காலத்திலிருந்து குத்தகை. அறுப்பு முடிந்ததும் கோயில் நெல்லை அளந்து கொடுத்துவிட்டுத்தான் வீட்டுக்கு மூட்டை வரும். நிலத்தைத் திரும்ப எடுக்க நிர்வாகம் ஒரு காரணம் தேடிக்கொண்டிருந்தது. அதை இவளே நாற்காலி போட்டு உட்கார வைத்துக் கொடுத்துவிட்டாள். 'குத்தகைதாரர் தானே பயிர் செய்யவில்லை, உள்குத்தகைக்கு விட்டிருக்கிறார், வெளியேற்ற வேண்டும்' என்று நோட்டீஸ் வந்தது.

கணவன் கோபப்படவில்லை. அதுதான் அவளுக்கு இன்றைக்கும் ஆறவில்லை. "நான் சேத்துல கால் வெக்கிறதில்லையா? சரி, நாளையில இருந்து செருப்புப் போட்டுக்கிட்டே நாத்து நடறேன்" என்று சிரித்தான். "விடு. பொண்ணுக்காகத்தானே சொன்னே" என்றான்.

இந்தக் கூத்துக்கு நடுவில் நிஜ மாப்பிள்ளை வீட்டாரும் வந்தார்கள். பையனின் அப்பா நேரே வயலுக்குப் போய், சேற்றில் நின்றவனோடு வரப்பில் உட்கார்ந்து ஒரு மணி நேரம் பேசிவிட்டு வந்தார். "உழைக்கிற மனுஷன் வீட்டுப் பொண்ணு. வேற என்ன வேணும்?" என்று அங்கேயே பேசி முடித்தார். அவள் அடுப்படியில் போய் நின்று அழுதாள்.

வக்கீல்தான் அறிக்கையின் இரண்டாம் பக்கத்தைப் பிடித்தார். கணவன் வெளியே டீ வாங்கப் போயிருந்தான். "'நிலத்தில் வேலை செய்யும் கூலியாளையும் நேரில் பார்த்தேன்'னு எழுதியிருக்காரே, யாரும்மா அந்த ஆள்? அவனைச் சாட்சிக்குக் கூப்பிட்டா நம்ம கதை முடிஞ்சுது."

அவள் தலையைக் குனிந்துகொண்டாள். "அது அவர்தாங்க."

வக்கீல் நிமிர்ந்து உட்கார்ந்தார். "இதை முன்னாடியே சொல்லக்கூடாதாம்மா? சேத்தோட நின்ன குத்தகைதாரரை அந்த அதிகாரியே கண்ணால பாத்திருக்கார். கேஸே இதுலதான் இருக்கு."

"கோர்ட்டுல அவர் இல்லாதப்ப சொல்லலாமா?"

"அதிகாரி அவரை அடையாளம் காட்டணுமேம்மா. அவர் இருந்துதான் ஆகணும்."

விசாரணைக்கு இரண்டு வாரம் இருந்தது. பதினான்கு ராத்திரியும், அவரிடம் நாமே முதலில் சொல்லிவிடுவோம் என்று நினைத்துக்கொண்டே படுத்தாள். நம் வாயிலிருந்து கேட்டால் அவருக்கு வலி குறைவாக இருக்குமே என்றும் தோன்றியது. வாய் வரவில்லை. ஊர் பேர் தெரியாதவனிடம் அத்தனை பேசிய வாய் அது.

கோர்ட்டில் காற்றாடி கிறீச் கிறீச் என்று சுற்றியது. கணவன் கஞ்சி போட்ட சட்டையில் கடைசி பெஞ்சில் உட்கார்ந்திருந்தான். எதிர்த்தரப்பு வக்கீல் அறிக்கையை நிதானமாகப் படித்துவிட்டுக் கேட்டார்.

"கூலியாள்னு சொன்னது நீங்கதானே?"

"ஆமாங்க."

"யார் அந்தக் கூலியாள்?"

"என் வீட்டுக்காரர்."

எங்கோ ஒருவர் சிரித்தார். நீதிபதி நிமிர்ந்து பார்த்தார். "சொந்தப் புருஷனைக் கூலியாள்னு ஏம்மா சொன்னீங்க?"

"சேறும் சகதியுமா வந்து நின்னாருங்க. மாப்பிள்ளை வீட்டுக்காரங்கன்னு நினைச்சேன். இவர்தான் என் வீட்டுக்காரர்னு சொல்ல எனக்கு வெக்கமா இருந்துச்சு."

அவள் கடைசி பெஞ்சைப் பார்க்கவில்லை. அதிகாரியைக் கேட்டார்கள். அவர் நேர்மையான மனிதர். கணவனைக் கொஞ்ச நேரம் உற்றுப் பார்த்துவிட்டு, "ஆமாம், அன்னைக்கு மண்வெட்டியோட நின்னவர் இவர்தான்" என்றார்.

வெளியேற்றச் சொல்லி நிர்வாகம் போட்ட மனு தள்ளுபடியானது. நிலம் நிலைத்தது. வக்கீல் கை குலுக்கினார். கணவனும் குலுக்கினான். திரும்பி வரும்போது பஸ்ஸில் அவளுக்கு ஜன்னலோரம் விட்டுக் கொடுத்தான். ஒரு வார்த்தை குறைத்தும் பேசவில்லை, கூட்டியும் பேசவில்லை. திட்டியிருந்தால் அவள் பிழைத்திருப்பாள்.

முன்பெல்லாம் வயலிலிருந்து வந்தால் சேற்றுக் காலோடு நேரே அடுப்படிக்கு வந்துவிடுவான். அவள் கத்துவாள், அவன் சிரிப்பான். இப்போது பின்வாசலிலேயே நின்று கேட்கிறான்: "உள்ள யாராவது வந்திருக்காங்களா?"

"யாருமில்ல, வாங்க" என்பாள். கால் கழுவி, துண்டை உதறி, அதன் பிறகுதான் வருவான்.

கல்யாணம் முடிந்து ஒரு நாள், சம்பந்தி வந்து கூடத்தில் உட்கார்ந்திருந்தார். பின்வாசலில் அதே கேள்வி கேட்டது. அவள் கையிலிருந்த தம்ளரை வைத்துவிட்டு ஓடினாள். சம்பந்திக்கும் கேட்கட்டும் என்று வேண்டுமென்றே உரக்கச் சொன்னாள்: "உங்க சம்பந்திதாங்க வந்திருக்கார். அப்படியே உள்ள வாங்க."

அவன் தன் கால்களைக் குனிந்து பார்த்தான்.

"பேசிட்டு இருங்க. நான் அப்புறமா வர்றேன்" என்று சொல்லிவிட்டு, மண்வெட்டியைத் தோளில் போட்டுக்கொண்டு வயலுக்கே திரும்பினான்.