ஏழு கடற்பஞ்சுகளின் அடித்தோல்

“முதல்ல முழுசாப் படிங்க சம்பந்தியம்மா, படிக்காமலே நீங்க—”

“படிச்சாச்சு. இருக்கறதே மூணு வரி. மூணும் பொய்.”

“பொய்னு ஏன் எடுத்துக்கறீங்க, ஒரு நடைமுறைக்காக—”

“தண்ணி மாத்த மறந்துட்டேனாம். யாரு, நானா? பத்தொம்பது வருஷத்துல ஒரு புதன்கிழமை தவறியிருக்கேனா? நீங்களே—”

“சத்தம் போடாதீங்க, கதவு திறந்திருக்கு.”

“திறந்தே கிடக்கட்டும். மீனெல்லாம் கேக்கட்டும். அதுங்களுக்காவது நடந்தது தெரியும்.”

மேலாளர் போய்க் கதவைச் சாத்திவிட்டு வந்தார். ஈரத் தரையில் வழுக்கிவிடாமல் இருக்க, கோழி நடப்பதுபோல் காலைத் தூக்கித் தூக்கி வைத்தார். கையிலிருந்த காகிதம் நனையக்கூடாது என்று அதை பிளாஸ்டிக் உறையில் போட்டுக்கொண்டு வந்திருந்தார். பொய் நனையக்கூடாது என்று என்ன அக்கறை என நினைத்தபோது அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

அது கடல் ஆய்வு நிலையத்தின் தொட்டிக்கூடம். இரண்டு வரிசையாகப் பன்னிரண்டு தொட்டிகள். ஓயாமல் உறுமும் பம்பு. ஜன்னல் விளிம்பெல்லாம் பொரிந்து வெளுத்த உப்பு. பத்தொன்பது வருடமாக அவற்றைப் பார்த்துக்கொள்கிறவளுக்கு நிலையத்தில் தொட்டியம்மா என்றுதான் பெயர். சம்பளச் சீட்டில் இருக்கிற பெயர் அவளுக்கே சட்டென்று ஞாபகம் வராது. மேலாளருடைய மகளைத்தான் தன் மகனுக்குக் கட்டியிருந்தாள். வேலை நேரத்தில் அவரும் அவளைத் தொட்டியம்மா என்றுதான் கூப்பிடுவார். ‘சம்பந்தியம்மா’ என்று வாய் நிறைய அழைத்தால் ஏதோ காரியம் ஆக வேண்டியிருக்கிறது என்று அர்த்தம்.

அந்த மூன்று வரி இதுதான்: புதன்கிழமை நான்காம் தொட்டியின் நீரை மாற்றத் தவறினேன். அதனால் ஏழு கடற்பஞ்சுகளும் நோயுற்றுக் கல்லிலிருந்து தாமாகக் கழன்று விழுந்தன. அவற்றை வியாழக்கிழமை நானே வெள்ளை ஓடுகளில் ஒட்டினேன்.

கீழே அவள் கையெழுத்துக்கு ஒரு கோடு போட்டிருந்தது.

“போட்டுட்டா என்ன ஆகும்? பதிவறைக்கு மாத்துவாங்க, அவ்வளவுதான். வேலை போகாது. அங்க தூசிதான், தண்ணி கிடையாது. உங்க முட்டிக்கும் நல்லது.”

“என் முட்டி மேல இவ்வளவு பாசம் எப்போ வந்துச்சு? நான் பதிவறைக்குப் போயிட்டா எட்டாம் தொட்டியில இருக்கற வெள்ளைப் பஞ்சை யார் பாப்பாங்க? அடுத்த விருந்தாளி வந்தா அதையும் சுரண்டி எடுத்து கோந்து போட்டு ஒட்டுவாரு உங்க இயக்குநர்.”

“என் இயக்குநரா?”

“பின்னே? எனக்கு இயக்குநரா இருந்தா பொய்யில கையெழுத்துப் போடுன்னு கேப்பாரா?”

நடந்தது அவர்கள் இருவருக்கும் தெரியும். அதுதான் அவளுக்கு ஆறவில்லை. வெள்ளிக்கிழமை வெளியிலிருந்து பெரிய விருந்தாளிகள் வருவதாக இருந்தது. நாலாம் தொட்டியின் கறுப்புக் கல்லில் ஒட்டி வாழ்கிற ஆரஞ்சு நிறப் பஞ்சு எடுப்பாகத் தெரியவில்லை என்று இயக்குநருக்குத் தோன்றிவிட்டது. வியாழக்கிழமை மத்தியானம், கண்ணாடியில் பாசி சுரண்டுகிற தகட்டை எடுத்து, நாலு வருடம் வளர்ந்த ஏழு பஞ்சுகளையும் வரிசையாக அறுத்தார். வெறுங்கையால் தண்ணீருக்கு வெளியே தூக்கினார். வெள்ளை டைல் ஓட்டில் வைத்து, கடையில் விற்கிற கோந்தால் தபால்தலை ஒட்டுவதுபோல் ஒட்டினார். காற்றில் தூக்கினால் பஞ்சின் துளைகளுக்குள் குமிழி அடைத்துக்கொள்ளும். அப்புறம் தண்ணீர் உள்ளே ஓடாது, உள்ளிருந்தே அழுகும். தொட்டியைக் கழுவ வருகிற ஆளுக்குக்கூடத் தெரிந்த விஷயம்.

வெள்ளிக்கிழமை காலை அவள் உள்ளே வந்து ஓடுகளைப் பார்த்து நின்றபோது, இயக்குநர் முகம் மலர, மேலாளருக்கும் கேட்கும்படி, “எப்படி இருக்கு? நேத்து நானே உக்காந்து பண்ணேன், வெறும் ஒரு தகடு, கொஞ்சம் கோந்து,” என்றார். விருந்தாளிகள் படம் எடுத்துக்கொண்டு போனார்கள். ஞாயிற்றுக்கிழமை ஏழும் கூழாகி நாறின. திங்கட்கிழமை வந்ததும், ‘நானே பண்ணேன்’ என்று சொன்ன வாயே ‘தொட்டியம்மா பண்ணாங்க’ என்றது.

“நீங்களாவது சொல்லியிருக்கலாம் இல்ல, வியாழக்கிழமை நான் இங்க இல்லவே இல்லைன்னு.”

மேலாளர் கைக்குட்டையை எடுத்துக் கழுத்தைத் துடைத்தார்.

“எப்படிச் சொல்றது? பதிவேட்டுல நீங்க வந்ததா இருக்கு.”

“டிக் போட்டது யாரு?”

“நான்தான். உங்களுக்கு நல்லதுன்னு நினைச்சு—”

“நான் லீவு எழுதித் தரேன்னு சொன்னேனா இல்லையா? ‘வேணாம் சம்பந்தியம்மா, நான் பாத்துக்கறேன்’னு சொன்னது நீங்கதானே?”

“நானும் அன்னைக்கு இங்க இல்லையே! எனக்கும் நானே டிக் போட்டிருக்கேன். இப்போ வாயைத் திறந்தா முதல்ல மாட்டறது நான். ஓய்வு பெற இன்னும் நாலு மாசம். முப்பத்தோரு வருஷம், ஒரு கறுப்புப் புள்ளி கிடையாது.”

“அந்தப் புள்ளியைத்தான் இப்போ என் நெத்தியில வைக்கப் பாக்கறீங்களா?”

அந்த வியாழக்கிழமை இருவரும் ஆஸ்பத்திரியில் இருந்தார்கள். அவள் மருமகளுக்கு, அவருடைய ஒரே மகளுக்கு, குடல்வால் வெடிக்கிற நிலையில் அவசர ஆபரேஷன். மகன் வெளியூர் வேலையில் இருந்தான். காலை ஒன்பது மணியிலிருந்து விளக்கு வைக்கிற நேரம்வரை அந்த நீல பெஞ்சை விட்டு இருவரும் நகரவில்லை.

“நாலு மணிக்கு விசாரணை,” என்றார் மேலாளர், அவள் முகத்தைப் பார்க்காமல். “அதுக்குள்ள மனசு மாறினா போட்டு வச்சுடுங்க.” காகிதத்தை பம்பின்மேல் வைத்துவிட்டு, மறுபடியும் கோழிநடை நடந்து போனார்.

தொட்டியம்மா அந்தக் காகிதத்தைத் தொடவில்லை. நேரே பின்கட்டுக்குப் போனாள்.

பின்கட்டில் ஒரு சிமெண்டுத் தொட்டி உண்டு. நாலாம் தொட்டியில் நிரம்பி வழிகிற அதே தண்ணீர்தான் குழாய் வழியாக அதற்கும் வரும். ‘காலிக் கல்லைத் தூக்கி எறியுங்க’ என்று இயக்குநர் சொன்ன அந்த ஏழு கறுப்புக் கற்களும் பன்னிரண்டு நாளாக அதற்குள்தான் கிடந்தன. எறிய அவளுக்கு மனசு வரவில்லை. அதற்குமேல் அன்றைக்கு அவளிடம் ஒரு திட்டமும் இருக்கவில்லை.

நுண்ணோக்கி பார்க்கிறவர் தொட்டி விளிம்பில் குந்தியிருந்தார். நாள் முழுவதும் ஒரு கண்ணை மூடிக்கொண்டே வேலை செய்கிறவர். நிலையத்தில் ஒற்றைக்கண்ணர் என்றால்தான் தெரியும். காலையில் அவள் ஒரு கல்லின் விளிம்பை உடைத்து அவரிடம் கொடுத்திருந்தாள்.

“பாத்தீங்களா தம்பி?”

“பாத்தேன்க்கா.” குரலைத் தாழ்த்தினார். “உயிரோட இருக்கு.”

“எது?”

“அடித்தோல். பஞ்சுக்கு அடியில தட்டையா ஒரு வரிசை செல் இருக்குமே, அதான். தரையில கல் பாவின மாதிரி நெருக்கமா உக்காந்திருக்கு. அதுங்களே பசையைக் கசிய விட்டு, கல்லுல இருக்கற ஒவ்வொரு குழிக்குள்ளயும் இறங்கி இறுக்கிப் பிடிச்சிருக்கு. மேல உடம்பையே அறுத்து எடுத்துட்டாங்க, இதுங்க பிடியை விடல. விடாததோட, மேல புதுசா மூடவும் ஆரம்பிச்சிருக்கு. உள்ள எலும்பு மாதிரி தாங்கற ஊசிகூடக் கட்டுது.”

தொட்டியம்மா குனிந்து பார்த்தாள். கறுப்புக் கல்லில் துருப்பிடித்ததுபோல ஆரஞ்சு நிறப் படலம். அதன் நடுவில் மிளகளவு மேடுகள். ஒன்றிரண்டின் உச்சியில் ஊசி குத்தினாற்போல் ஒரு துளை. தண்ணீர் குடிக்கத் தொடங்கிவிட்டது. படலத்தின் ஓரமோ கோடு கிழித்ததுபோல் நேராக இருந்தது. ஒரு கோடு, பக்கத்தில் இன்னொரு கோடு. தன் நாலு விரலை வைத்து அகலம் பார்த்தாள். சுரண்டுகிற தகடு எத்தனை அகலம் என்று அவள் கைக்கு மனப்பாடம்.

மூளை கிடையாது, நரம்பு கிடையாது, முதுகெலும்பு என்ற பேச்சுக்கே இடமில்லை. இந்தப் பிராணி பிடியை விடவில்லை. மாடியில் இரண்டு பேருக்கு முதுகெலும்பு முழுதாக இருக்கிறது, முப்பத்துமூன்று எலும்போடு. என்ன பிரயோஜனம்?

“நாலு மணிக்கு இதைச் சொல்வீங்களா தம்பி?”

ஒற்றைக்கண்ணர் மாடியில் இருந்த இயக்குநர் அறையை நிமிர்ந்து பார்த்தார். “கேட்டா சொல்வேன்க்கா. கேக்கலேன்னா…”

“கேக்க வைக்கறேன்.”

இயக்குநர் அறையில் தரைவிரிப்பு உண்டு. தொட்டியம்மா ரப்பர் செருப்போடு அதன்மேல் நடந்து, தண்ணீரோடு கல் கிடந்த வாளியை மேசைமேல் வைத்தாள். கோப்பு ஒன்று நனைந்தது. மேலாளர் பாய்ந்து அதை எடுத்தார்.

“என்ன இது?” என்றார் இயக்குநர்.

“நீங்க எறியச் சொன்ன கல் சார்.”

“அது எதுக்கு இங்க? கையெழுத்துப் போட்டீங்களா இல்லையா?”

“போடறதுக்கு முன்னால ஒரு சந்தேகம். தண்ணி கெட்டுப்போய் பஞ்சு செத்துச்சுன்னு எழுதியிருக்கு. அதே தண்ணிதான் பின்கட்டுக்கும் போகுது. அந்தத் தண்ணியிலதான் இது பன்னெண்டு நாளா உயிரோட இருக்கு. எப்படி சார்?”

“இது பாசி.”

“பாசியா?” அவள் திரும்பினாள். “தம்பி, இது பாசியா?”

ஒற்றைக்கண்ணர் இயக்குநரைப் பார்த்தார், வாளியைப் பார்த்தார். கடைசியில் வாளியைப் பார்த்துக்கொண்டே பேசினார். “பாசி இல்ல சார். பஞ்சோட அடித்தோல். நோய் வந்து கழண்டிருந்தா அடியும் சேர்ந்து செத்திருக்கும், கல் வெறுமையா இருந்திருக்கும். இது உயிரோட அறுபட்டிருக்கு. ஓரமெல்லாம் தகட்டு வெட்டு.”

“தானா கழன்று விழுந்ததுன்னு ரெண்டாவது வரி,” என்றாள் தொட்டியம்மா. “தானா கழன்று விழறது தகட்டால கோடு போட்டுக்கிட்டா விழும்? விரல் எப்படி இருக்கு சார்?”

மேசைக்கு அடியில் இயக்குநரின் கட்டைவிரல் மற்ற விரல்நுனிகளைத் தேய்த்துக்கொண்டிருந்தது. சட்டென்று நின்றது.

“என் விரலுக்கு என்ன?”

“பஞ்சுக்குள்ள கண்ணாடி மாதிரி ஊசி இருக்கும் சார். கடிக்க வர்ற மீனுக்கு வாயெல்லாம் குத்தும். வெறுங்கையால எடுத்தா தோலுக்குள்ள முறிஞ்சு நிக்கும், வாரக்கணக்குல அரிக்கும். நான் கையுறை இல்லாம தொட மாட்டேன். என் கையைப் பாருங்க.” இரண்டு கையையும் விரித்து மேசைமேல் வைத்தாள். உப்பில் ஊறிச் சுருங்கிய கை. ஒரு கீறல் இல்லை.

“செத்ததை அள்ளிப் போட்டப்ப குத்தினது,” என்றார் இயக்குநர்.

“அள்ளிப் போட்டது நான் சார். ஞாயித்துக்கிழமை நீங்க வரவே இல்லை.”

இயக்குநர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். துடைத்து முடிப்பதற்குள் புது வழி கிடைத்துவிட்டது.

“சரி. தானா விழல, யாரோ அறுத்திருக்காங்க. ஒத்துக்கறேன். வரியை மாத்திக்கலாம். வியாழக்கிழமை நாலாம் தொட்டி யார் பொறுப்பு? உங்க பொறுப்பு. அப்போ அறுத்தது நீங்கதான். மேலாளர், பதிவேட்டை எடுங்க. அன்னைக்கு இவங்க வந்திருக்காங்களா இல்லையா?”

நாக்கு மேல் பல்லைப் போட்டு எப்படி இப்படிப் பேச முடிகிறது என்று தொட்டியம்மா நினைத்தாள். பெருமை பேசிய அதே வாய். பேச வாயெடுத்தவள் அடக்கிக்கொண்டாள். கேள்வி அவளிடம் கேட்கப்படவில்லை.

மேலாளர் பதிவேட்டைத் திறந்தார். பக்கத்தைத் தேடத் தேவையே இல்லை, காகிதத் துண்டு வைத்து அடையாளம் பண்ணியிருந்தது. சிவப்பு மையில் வரிசையாக டிக். அவள் பெயருக்கு நேரே ஒன்று, இரண்டு வரி மேலே அவர் பெயருக்கு நேரே ஒன்று. அவர் விரல் முதலில் அவளுடைய டிக்கின்மேல் போய் நின்றது. பிறகு தன்னுடையதின்மேல் ஊர்ந்துபோய் அதை மூடிக்கொண்டது.

“வந்திருக்…” என்று தொடங்கினார். தொண்டையைச் செருமினார். “பதிவேட்டுப்படி பாத்தா…”

“பதிவேடு இருக்கட்டும்,” என்றாள் தொட்டியம்மா.

இப்போது அவள் குரலில் சத்தம் இல்லை. வாளியைத் தன் பக்கம் இழுத்து, தண்ணீருக்கு வெளியே தெரியாதபடி கல்லைச் சரியாக உள்ளே தள்ளினாள். ஈரக்கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு, வேலை நேரத்தில் ஒருநாளும் கூப்பிடாத முறையைச் சொல்லி அவரைக் கூப்பிட்டாள்.

“சம்பந்தி, என்னைப் பாத்துச் சொல்லுங்க. வியாழக்கிழமை மூணு மணிக்கு உங்க பொண்ணை ஆபரேஷனுக்கு உள்ள தள்ளிட்டுப் போனப்ப, அந்த நீல பெஞ்சுல உங்க பக்கத்துல உக்காந்து ‘பயப்படாதீங்க, நான் இருக்கேன்’னு சொன்னது யாரு?”