மரப்பிள்ளை

இத்தாலியத் துறைமுக நகரமொன்றின் போர்கோ வெக்கியோப் பகுதியில் இருந்த அந்த நான்கு மாடிக் கட்டடத்தில் பிள்ளையில்லாத பெண்கள் இரண்டு பேர் குடியிருந்தார்கள். மூன்றாம் மாடியில் மன்னார் பேசாலையிலிருந்து வந்த எமிலியானா. அவளுக்கு நேர் மேலே கானாவின் குமாசி நகரத்திலிருந்து வந்த அகோசுவா. இருவருக்கும் மொண்டெல்லோக் கடற்கரையில் ஒரே ஹோட்டலில் அறை துப்புரவாக்கும் வேலை.

எமிலியானாவுக்குக் கலியாணமாகி எட்டு வருடம். ஞாயிற்றுக்கிழமைப் பூசை முடிந்து மாதா கோயிலுக்கு வெளியே வந்தால் சனங்கள் அவளுடைய வயிற்றைப் பார்த்துவிட்டுத்தான் முகத்தைப் பார்ப்பார்கள். அகோசுவாவின் ஆட்களும் அப்படித்தான் என்று தெரிந்த நாளிலிருந்து அவள் எமிலியானாவுக்குச் சொந்தக்காரி மாதிரி ஆகிவிட்டாள். சாப்பாட்டை மாற்றிச் சாப்பிட்டபடி, தெரிந்த அரைகுறை இத்தாலியனில் இருவரும் மாமிமாரைத் திட்டித் தீர்ப்பார்கள்.

தொண்ணூற்று நான்காம் ஆண்டு கோடையில், ஊரிலிருந்து வந்த ஒருவரிடம் அகோசுவாவின் தாய் ஒரு மரப்பாவையைக் கொடுத்தனுப்பினாள். கறுத்த மரத்தில் செதுக்கிய பாவை. தலை தட்டைப் போல வட்டமாகவும் தட்டையாகவும் இருந்தது. சின்ன வாய், வளையம் வளையமாகக் கழுத்து. கைகள் இரண்டும் பக்கவாட்டில் நீட்டியிருந்தன.

“இதுக்குப் பேர் அகுவாபா,” என்றாள் அகோசுவா. “முந்தி அகுவா எண்டு ஒருத்திக்குப் பிள்ளையில்லை. பூசாரி சொல்லி, மரத்திலை ஒரு பிள்ளை செய்விச்சு முதுகிலை கட்டிக்கொண்டு திரிஞ்சாளாம். அகுவான்ர பிள்ளையைப் பாருங்கோ எண்டு ஊரே சிரிச்சுதாம். பிறகு அவளுக்கு உண்மையாவே ஒரு பொம்பிளைப்பிள்ளை பிறந்துது. அகுவாபா எண்டால் அகுவான்ர பிள்ளை.”

“தலை ஏன் இப்பிடிக் கிடக்கு?”

“பெரிய நெத்திதான் எங்களுக்கு வடிவு. கொழுகொழுவெண்ட பிள்ளைக்குத்தானே கழுத்திலை மடிப்பு விழும்? இதைப் பாத்துக்கொண்டிருந்தால் பிள்ளையும் இப்பிடி வடிவாப் பிறக்கும்.”

“நீயும் பூசைக்கு வாறனிதானே?”

“ஓம். அம்மாவும் பூசைக்குப் போறவதான். இதையும் விடமாட்டா.”

அகோசுவா பாவையைக் குளிப்பாட்டினாள். பக்கத்தில் படுக்கவைத்தாள். ஒரு சனிக்கிழமை அதை முதுகில் துணியால் கட்டிக்கொண்டு வுச்சீரியாச் சந்தைக்கே வந்துவிட்டாள். மீன்காரன் சிரித்துச் சிரித்துப் பிள்ளைக்கு என்ன பேர் என்று கேட்டான். எமிலியானாவுக்கு உடம்பெல்லாம் கூசியது. தெரியாதவள் போல ஒலிவ் விற்கிற பக்கம் விலகிப் போய் நின்றாள்.

தை மாதம் அகோசுவா தன் வயிற்றைத் தொட்டுக் காட்டினாள்.

“சரியான சந்தோசம்,” என்று எமிலியானா கட்டிப்பிடித்தாள். வீட்டுக்கு வந்து கறிக்கு உள்ளி உரிக்க உட்கார்ந்தவள், தேவைக்கு மேலேயே உரித்துக்கொண்டிருந்தாள். யாருக்கோ பிள்ளை கிடைத்தால் அவளுக்கு என்ன? ஆனால் இது யாரோ இல்லை. இருவருமாக நின்ற இடத்தில் அவளை மட்டும் நிற்கவிட்டு அகோசுவா போய்விட்டாள்.

அதற்குப் பிறகு எதைக் கண்டாலும் எரிந்தது. மேலே கேட்கும் நடைச் சத்தம் எரிந்தது. பஸ்ஸில் எழும்பி அகோசுவாவுக்கு இடம் கொடுக்கும் கிழவர்களைப் பார்க்க எரிந்தது. ஒருநாள் எமிலியானாவின் புருஷன் வலன்ரைன் அகோசுவாவின் தண்ணீர்ப் போத்தல்களை நான்காம் மாடிவரை சுமந்து கொடுத்துவிட்டு வந்தான்.

“எனக்கு எப்பவாவது தூக்கித் தந்திருக்கிறியளே?”

“பாவம் எமிலி, அவள் பிள்ளைத்தாய்ச்சி.”

அந்த வார்த்தைக்காக இரண்டு நாள் அவனோடு கதைக்கவில்லை.

ஆவணியில் பெண் பிள்ளை பிறந்தது. எமிலியானா சூப் வைத்துக் கொண்டுபோனாள். பாவை அலுமாரிக்கு மேல் இருந்தது. ஊருக்குப் போகும் தம்பியிடம் அதைக் கொடுத்தனுப்பப் போவதாக அகோசுவா சொன்னாள். பிள்ளை கிடைத்தால் பாவையை அது வந்த ஊர்க் கோயிலுக்கே திருப்பித் தருவதாக அவளுடைய தாய் நேர்ந்திருந்தாள். இதைச் சொல்லிவிட்டு, அகோசுவா பிள்ளைக்குத் துணி மாற்ற அடுத்த அறைக்குப் போனாள்.

எமிலியானா பாவையை எடுத்துச் சால்வைக்குள் மறைத்தாள். சூப்புச் சட்டியை வைத்தது வைத்தபடி கீழே வந்துவிட்டாள்.

கதவைப் பூட்டி, படுக்கை விரிப்பால் அதை முதுகில் கட்டினாள். மரத்தின் கை தோள்பட்டையில் குத்தியது. அந்தக் குத்தல்கூட அவளுக்குப் பிடித்திருந்தது. அப்படியே அறைக்குள் நடந்தாள். அவளை அறியாமலே உடம்பு ஆடத் தொடங்கியது, அழுகிற பிள்ளையை ஆட்டுவது போல. வலன்ரைனின் காலடி கேட்டதும் அவிழ்த்து அரிசிப் பைக்குள் புதைத்தாள்.

அடுத்த நாள் காலையில் அகோசுவா பிள்ளையையும் தூக்கிக்கொண்டு வந்தாள். அழுது முகம் வீங்கியிருந்தது.

“எமி, பாவையைக் காணேல்லை. நீ கண்டனியா?”

“நான் காணேல்லை.”

“தம்பி பின்னேரம் பிளேனேறப் போறான். கோயிலுக்குக் குடுத்த வாக்கு. அதை மீறினால், பிள்ளையைத் தந்த தெய்வம் திருப்பிக் கேட்டால் நான் என்ன செய்வன்?” பிள்ளையை இன்னும் இறுக்கிப் பிடித்தாள்.

எமிலியானாவும் வலன்ரைனும் ஊரிலுள்ள மடு மாதாவுக்கு நேர்ந்திருந்தார்கள், பிள்ளை கிடைத்தால் வெள்ளியில் ஒரு பிள்ளையுருவம் செய்து வைப்பதாக. மரத்திலோ வெள்ளியிலோ, கொடுக்கிறேன் என்று சொன்னதைக் கொடுக்காவிட்டால் ஒரு தாய்க்கு நித்திரை எப்படி வரும் என்று அவளுக்குத் தெரியும்.

குசினிக்குப் போய், அரிசி ஒட்டியிருந்த பாவையைக் கொண்டுவந்து நீட்டினாள்.

அகோசுவா பாவையையும் அவளையும் மாறி மாறிப் பார்த்தாள். அதன் கைகள் உடைந்திருக்கின்றனவா என்று தடவினாள்.

“என்னட்டைக் கேட்டிருக்கலாம்,” என்றாள். “கேட்டிருந்தால் கட்டிப் பாக்கத் தந்திருப்பன்.”

“உன்னட்டைக் கேக்க எனக்கு மனம் வரேல்லை. உனக்கு எல்லாம் கிடைச்சிட்டுது.”

அகோசுவா பிள்ளையோடும் பாவையோடும் படியேறிப் போனாள். பாவை அன்று பின்னேரமே ஊருக்குப் புறப்பட்டது. நடந்ததைக் கேட்ட வலன்ரைன் ஏசவில்லை. தேத்தண்ணி போட்டுக் கொண்டுவந்து பக்கத்தில் வைத்தான்.

இரண்டு பெண்களுக்கும் பேச்சில்லாமல் போயிற்று. படியில் சந்தித்தால் ஒருத்தி சுவரோடு ஒதுங்குவாள். மாரி தொடங்குகிற நேரத்தில், அகோசுவா திரும்ப வேலைக்குப் போகவேண்டிய கிழமையில், கதவு தட்டப்பட்டது. பிள்ளையோடும் ஒரு துணிப் பையோடும் அவள் நின்றாள்.

“உனக்கு இண்டைக்கு வேலையில்லை. இவளை வைச்சிருப்பியா? என்ர மனுசனுக்கும் வேலை, வேறை ஆக்கள் இல்லை, அதாலைதான் கேக்கிறன்.”

எமிலியானா கையை நீட்டினாள்.

பகல் முழுவதும் பிள்ளை அவளுடைய நெஞ்சில் கிடந்து உறங்கியது. தோள் மரத்துப்போயும் கீழே கிடத்தவில்லை. பின்னேரம் அகோசுவா வந்ததும் பிள்ளை தாயின் குரல் கேட்டுக் காலை உதைத்து அந்தப் பக்கமே சாய்ந்தது. எமிலியானாவுக்கு வயிற்றுக்குள் பழைய எரிவு பற்றிக்கொண்டது. எரிய எரியவே பிள்ளையைக் கொடுத்தாள்.

“நாளைக்கும் எனக்கு வேலையில்லை,” என்றாள். “நேரத்தோடை கொண்டு வா.”