திருப்பிப் பதித்த கண்ணாடி

சனா நகரத்தில் நேற்றுச் சாளரம் இல்லாத வீட்டுக்கு யாரும் பெண் கொடுப்பதில்லை. உச்சி மாடியறைச் சுவரில் சுண்ணத்தால் பூவேலை செய்து, இடையிடையே வண்ணக் கண்ணாடி பதித்த பிறைச் சாளரம் அது. பிற்பகல் வெயில் அதன் வழியாக இறங்கினால், நேற்று அதே நேரத்தில் அந்த அறையில் நடந்ததெல்லாம் தரையில் விழும். சத்தம் மட்டும் வராது. தேன் அடையின் கடைசித் துண்டை எடுத்தது யார் என்பதிலிருந்து மாமியார் முகம் சுளித்தாரா இல்லையா என்பதுவரை, ஊர் வழக்கெல்லாம் அந்தத் தரையில்தான் தீர்ந்தது. சாளரம் செய்யும் ஆசான் உஸ்தா தஹ்மான் கண்ணாடி உருக்கும்போது ஒரு முழுப் பகலை உள்ளே விட்டுவிடுவார். எப்படி என்று கேட்டால் தும்முவார்.

கடைசிச் சில்லை மட்டும் வீட்டுக்காரன் தன் கையால் பதிக்க வேண்டும். நாக்கால் தொட்டுப் பார்த்து, உப்புக் கரிக்கும் பக்கத்தை உள்ளே வைக்க வேண்டும். இனிக்கும் பக்கம் வெளியே. தன் வீட்டுச் சாளரத்தின் கடைசிச் சில்லைப் பதிக்க வேண்டிய முக்பில், அன்று மதியம் முதலே கன்னம் புடைக்கக் கிறக்கம் தரும் காத் இலை மென்றுகொண்டிருந்தான். கீழே மனைவி தகிய்யாவுக்கு வலி கண்டிருந்தது. பயத்தில் ஒரு கட்டு கூடுதலாகவே மென்றுவிட்டான். நாக்கு மரத்துப்போய் உப்பும் தெரியவில்லை, இனிப்பும் தெரியவில்லை. குத்துமதிப்பாகப் பதித்துவிட்டான்.

நேற்று அந்த அறையில் சாரமும் சுண்ணாம்பு வாளியும்தான் இருந்தன. ஆனால் தரையில் விழுந்த ஒளியில் அறை கொள்ளாத பெண்கள் இருந்தார்கள். எல்லா வாய்களும் ஒரே நேரத்தில் திறந்தன. ஒவ்வொருத்தியும் துணியை இழுத்து முகத்தை மூடினாள். நடுமெத்தையில் தகிய்யா கிடந்தாள். யாரோ வெள்ளைத் துணியை அவள் தலைக்கு மேல்வரை இழுத்துவிட்டார்கள். வாசற்படியில் ஓர் ஆண் முழந்தாளிட்டு அழுதான். தலைப்பாகை இல்லை, தலையெல்லாம் குப்பை. முக்பில் உற்றுப் பார்த்தான். அது அவனேதான்.

கண்ணாடி நாளையைக் காட்டிக்கொண்டிருந்தது.

சென்ற ஆண்டு தகிய்யாவின் அக்கா பிரசவத்தில் போனபோது அவள் கணவன் இப்படித்தான் தலையில் மண்ணை வாரிப் போட்டுக்கொண்டான். முக்பில் ஒரே ஓட்டமாக உஸ்தாவின் பட்டறைக்கு ஓடினான்.

"உஸ்தா, சில்லத் திருப்பிப் பதிச்சுட்டேன், நாளைக்கு நடக்கறது தெரியுது! அதக் கழட்டிடுங்க!"

"சுண்ணாம்பு இறுகிருக்கும். இனிமே உடைக்கத்தான் முடியும்."

"அப்ப உடைச்சுடறேன்."

"உடை. நாளைக்கு விடியாம போயிடுமா? நான் வெறும் கண்ணாடிக்காரன்பா. நடக்குறதச் செய்யறவன் வேற ஆள்."

"படத்துல நானும் இருக்கேன். நான் அங்க போகவே இல்லன்னா?"

உஸ்தா தாடியைச் சொறிந்தார். "அப்ப படம் பொய்யாயிடும். இதுவரைக்கும் ஆனதில்ல."

முக்பிலுக்கு அது போதும். மறுநாள் காலை, தகிய்யாவின் தம்பி நாஜியைக் கூட்டிக்கொண்டு அடித்தளத்துக் கழுதைக் கொட்டிலுக்குள் போனான்.

"வெளியே பூட்டிக்கோ. பொழுது சாஞ்சு மஃரிப் பாங்கு சொல்ற வரைக்கும் திறக்காதே. நான் கெஞ்சினாலும் திறக்காதே."

"கழுதை கெஞ்சினா மச்சான்?"

"உங்க அக்கா உசுருடா!"

நாஜி சிரிப்பை விழுங்கிவிட்டுப் பூட்டினான். சொன்ன சொல் தவறாதவன். சாவியை இடுப்பில் செருகிக்கொண்டு காத் மெல்லப் போய்விட்டான்.

முக்பில் வைக்கோலில் முகம் புதைத்துக் கிடந்தான். மேலேயிருந்து தகிய்யாவின் அலறல் வந்துகொண்டே இருந்தது. ஒவ்வொரு அலறலுக்கும் கழுதை காதை ஆட்டியது. நண்பகலில் அலறல் நின்றது. யாரும் அவனைத் தேடி வரவில்லை. அவன் எங்கே இருக்கிறான் என்பதே நாஜியைத் தவிர யாருக்கும் தெரியாது. பிறகு எதையோ தூக்கிக்கொண்டு படிகளில் பெண்களின் காலடிகள் ஏறின, ஏறிக்கொண்டே இருந்தன. வெயில் சாயும் நேரத்தில் உச்சி மாடியிலிருந்து நீளமாக ஒரு சத்தம் வந்தது. குலவையா, ஒப்பாரியா? ஐந்து மாடிக் கல்லைக் கடந்து வந்தால் இரண்டும் ஒன்றுபோலத்தான் கேட்கும். அதுவும் சட்டென்று அடங்கியது.

போனால் படம் மெய்யாகிவிடும். போகாவிட்டால், அவள் முகத்தை மூடும்முன் ஒருமுறைகூடப் பார்க்க முடியாது.

எழுந்து கழுதையின் வாலைப் பிடித்து முறுக்கினான். கழுதை விட்ட உதையில் கதவு பறந்து எதிர்வீட்டுக் கிணற்றில் விழுந்தது. இன்றும் அங்கேதான் கிடக்கிறது.

எங்கள் ஊரில் ஆண்பிள்ளை படியேறும்போது "அல்லாஹ், அல்லாஹ்" என்று குரல் கொடுத்துக்கொண்டே ஏறுவான். மேலே இருக்கும் பெண்களுக்கு முகம் மூட அவகாசம் வேண்டுமே. முக்பில் ஐந்து மாடியும் வாய் திறக்காமல் ஏறினான்.

கதவைத் தள்ளினான். அறை கொள்ளாத பெண்கள் ஒரே குரலில் வீறிட்டார்கள். கிடைத்த துணியை இழுத்து முகத்தை மூடினார்கள். மருத்துவச்சி ஜமாலா வெள்ளைப் போர்வையைத் தகிய்யாவின் தலைக்கு மேல்வரை இழுத்துவிட்டாள். முக்பில் வாசற்படியிலேயே முழந்தாளிட்டுக் கதறினான்.

போர்வைக்குள்ளிருந்து குரல் வந்தது. "ஏங்க, குரல் குடுத்துட்டு வரத் தெரியாதா? ஊர்ப் பொம்பளைங்க பூரா இங்க இருக்காங்க, மானமே போச்சு!"

"பொண்ணு பொறந்திருக்கா," என்றாள் ஜமாலா. "அதுக்கு ஏன்யா தலை நிறைய வைக்கோலோட வந்து ஒப்பாரி வைக்கிற? பெத்தது அவளா, உன் கழுதையா?"

முக்பில் அழுகையோடு அழுகையாகச் சிரித்தான். ஜமாலாவின் மடியில் இருந்த குழந்தையைப் பார்க்கத் தலையைத் தூக்கினான். சாளரத்து வெயில் நகர்ந்து அதன் துணியோரத்தைத் தொட்டிருந்தது. ஒளிக்குள் ஏதோ அசைந்தது.

கண்ணை இறுக்கி மூடிக்கொண்டான். பெண்களுக்கு இடையே வழி துழாவித் தாண்டி, இரண்டு பேர் காலை மிதித்து, திட்டு வாங்கி, சன்னல் திண்டின் மேல் ஏறினான். சால்வையை விரித்துச் சாளரத்தை மூடி முதுகைக் கொடுத்து நின்றான். அறை இருண்டது.

"அங்க என்னங்க தெரிஞ்சுது?" போர்வைக்குள்ளிருந்த குரலில் இப்போது கோபம் இல்லை.

"ஒண்ணும் பாக்கல. சத்தியமாப் பாக்கல."

"நீ எறங்கினாத்தான நாங்க முகத்தத் திறக்க முடியும்," என்றாள் ஜமாலா. "எப்பய்யா எறங்குவ?"

"சூரியன் எறங்கட்டும், நானும் எறங்கறேன்."

முதுகில் நாளைய வெயில் சுட்டது. வெளியே, மேற்கே ஐபான் மலைக்கு மேலே சூரியன் இன்னும் ஒரு முழ உயரத்தில் இருந்தது.